‘தி டாக்டர்’ படத்துக்குச் சான்றிதழ் வாங்க வேண்டுமா?

கேள்வி: இங்கிலாந்தில் குடும்ப மருத்துவராக இருந்த என் அப்பா சென்ற ஆண்டு காலமானார். அவருடைய கிளினிக் சுவரில் தொங்கிய ‘தி டாக்டர்’ படம் இப்போது என்னிடம் இருக்கிறது. அவருக்கு முன்பு அங்கே இருந்த ஆங்கிலேய டாக்டர் விட்டுப்போனதாம். கறுப்பு வெள்ளை, இரண்டரை அடி அகலம், கீழே லூக் ஃபைல்ட்ஸ் என்று பெயர். “ஒரிஜினல்தான், பல ஆயிரம் பவுண்டுக்கு விற்றுத் தருகிறேன், முதலில் சான்றிதழுக்கு 400 பவுண்டு கட்டுங்கள்” என்கிறார் ஒரு தரகர். கட்டலாமா?

பதில்: கட்டாதீர்கள். அந்தத் தரகரின் போனையும் இனி எடுக்க வேண்டாம். படம் விலைபோனாலும் போகாவிட்டாலும் அவருடைய 400 பவுண்டு முதலிலேயே கைக்கு வந்துவிடும். உண்மையில் விற்றுத் தருகிறவர்கள், விற்ற பிறகு அந்தத் தொகையிலிருந்துதான் கமிஷன் எடுப்பார்கள்.

லூக் ஃபைல்ட்ஸ் வரைந்த அசல் ஓவியம் எங்கேயும் தொலைந்துபோகவில்லை. லண்டனில் டேட் அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது. கித்தானில் எண்ணெய் வண்ணம், ஏறக்குறைய எட்டடி அகலம். சர்க்கரை வியாபாரி ஹென்றி டேட் 3,000 பவுண்டுக்கு வரையச் சொன்னது. 1891இல் லண்டன் ராயல் அகாடமி ஓவியக் கண்காட்சியில் வைக்கப்பட்டது. இரண்டு நாற்காலிகளைச் சேர்த்துப் போட்ட படுக்கையில் குழந்தை, தாடையில் கைவைத்து அதையே பார்த்தபடி டாக்டர், மேசையில் முகம் கவிழ்ந்த தாய், அவள் தோளில் கைவைத்து நிற்கும் தகப்பன். 1877ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் காலையில் ஃபைல்ட்ஸின் மூத்த மகன் இறந்துபோனான். அவனைக் கவனித்துக்கொண்ட மருத்துவரை அவர் மறக்கவே இல்லை. உங்கள் அப்பா இதைச் சுவரில் மாட்டி வைத்திருந்ததில் வியப்பே இல்லை. இதை அச்சடித்து எத்தனையோ மருத்துவர்களுக்கு விற்றார்கள். 1947இல் அமெரிக்கத் தபால்தலையிலும் வந்தது. உங்களிடம் இருப்பது அந்த அச்சுப்படங்களில் ஒன்று.

இதில் ஏமாந்துவிட்டதாக நினைக்காதீர்கள். ஃபைல்ட்ஸுக்கு வாழ்வு கொடுத்ததே அச்சுதான். 1843இல் லிவர்பூலில் பிறந்து பாட்டி மேரி ஃபைல்ட்ஸிடம் வளர்ந்தவர்; அந்தப் பாட்டி, 1819இல் மான்செஸ்டரில் வாக்குரிமை கேட்டுத் திரண்டவர்கள்மேல் குதிரைப்படை பாய்ந்த பீட்டர்லூ கூட்டத்து மேடையில் நின்றவர். லண்டனுக்கு வந்து பத்திரிகைகளுக்குப் படம் போட்டுப் பிழைத்தார். 1869 டிசம்பரில் ‘தி கிராஃபிக்’ வார இதழின் முதல் இதழில், இரவு தங்க இடமில்லாமல், ஏழைகள் விடுதிக்கான அனுமதிச் சீட்டுக்காகக் காவல் நிலையத்துக்கு வெளியே குளிரில் வரிசையாக நிற்கும் ஏழைகளை வரைந்தார். அதைப் பார்த்த ஓவியர் மில்லே எழுத்தாளர் சார்லஸ் டிக்கன்ஸிடம் காட்டினார். டிக்கன்ஸும் தன் அடுத்த நாவலுக்குப் படம் வரைய இவரையே தேர்ந்தெடுத்தார். நாவல் பாதியில் நிற்க, 1870 ஜூனில் டிக்கன்ஸ் இறந்தார். அவருடைய வீட்டுக்குப் போன ஃபைல்ட்ஸ், ஆள் இல்லாத எழுதுமேசையையும் பின்னுக்குத் தள்ளிய நாற்காலியையும் வரைந்தார். அந்த ‘காலி நாற்காலி’ அச்சை ஓவியர் வான் கோ பத்திரமாக வைத்திருந்தார். 1874இல் அதே ஏழைகளின் வரிசையைப் பெரிய எண்ணெய் ஓவியமாக்கியபோது, கூட்டத்தைத் தடுக்கக் கம்பி கட்டிப் போலீஸ்காரரை நிறுத்த வேண்டியிருந்தது. பின்னாளில் அரசர்களை வரைந்து 1906இல் சர் பட்டமும் பெற்றார்.

இனி உங்கள் படத்துக்கு வருவோம். பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸ் ஒன்று வாங்குங்கள், சில பவுண்டுதான். டாக்டரின் கன்னத்தின் மேல் வைத்துப் பாருங்கள். ஒழுங்கான வரிசையில் சின்னச் சின்னப் புள்ளிகள் தெரிந்தால் அது மலிவான இயந்திர அச்சு. அன்போடு சுவரில் மாட்டிக்கொள்ளுங்கள். புள்ளி வரிசை இல்லாமல் மணல் தூவியதுபோல் இருந்தாலோ, கோடுகளாகத் தெரிந்தாலோ, படம் பொறித்த உலோகத் தகட்டிலிருந்து அச்சிட்ட நல்ல பிரதியாக இருக்கலாம். அப்படியானால் படத்தைச் சுற்றித் தாளில் தகடு அழுந்திய பள்ளம் தெரிகிறதா என்றும் பாருங்கள்.

அடுத்தது கையெழுத்து. பெரும்பாலானவர்கள் ஏமாறுவது இங்கேதான். ஓவியத்தில் ஃபைல்ட்ஸ் போட்ட கையெழுத்து, அதைப் பார்த்து அடித்த ஒவ்வொரு பிரதியிலும் தானே வந்துவிடும். கீழே அச்செழுத்தில் இருக்கும் பெயருக்கும் மதிப்பில்லை. ஆனால் ஒரு விலக்கு உண்டு, அதைப் பொறுமையாகக் கேளுங்கள். அந்தக் காலத்தில் தகட்டிலிருந்து முதலில் எடுத்த சில பிரதிகளில் ஓவியரே படத்துக்குக் கீழே, வெள்ளை விளிம்பில், பென்சிலால் கையெழுத்துப் போடுவது வழக்கம். அவற்றில் அச்சு வியாபாரிகள் சங்கத்தின் மையில்லாத புடைப்பு முத்திரையும் இருக்கலாம். பக்கவாட்டு வெளிச்சத்தில் கண்ணாடி வழியாகவே ஓரத்தைப் பார்த்தால் தெரியலாம். பென்சில்தானா என்று பார்க்க, மேசை விளக்கின் கீழே படத்தைச் சாய்த்துப் பிடியுங்கள். பென்சில் கோடு ஈயம்போல் மினுங்கும், அச்சு மை மினுங்காது. லென்ஸில் பார்த்தால் பென்சில் கரி தாளின் மேடுகளில் மட்டும் ஒட்டியிருக்கும். இப்படி ஒரு படத்தைச் ‘சான்றிதழோடு’ ஒரு பெண்மணி என்னிடம் எடுத்து வந்தார். சாய்த்துப் பிடித்தேன், கையெழுத்து மினுங்கவே இல்லை. கொடுத்த பணம் போனது போனதுதான். அவர் முகம் இன்றும் கண்ணில் நிற்கிறது.

மினுங்கினாலும் உடனே சந்தோஷப்பட வேண்டாம். பென்சில் யார் கையிலும் இருக்கும். அச்சுப்படங்களைத் தினமும் பார்க்கிறவரிடம் காட்டித்தான் முடிவு செய்ய வேண்டும்.

இந்தத் துறையின் மேல் எனக்கு ஆத்திரம் வருவது ஏலப் பட்டியலைப் பார்க்கும்போது. பெயருக்கு முன்னால் ‘ஆஃப்டர்’ என்று ஒரு சொல் போட்டிருப்பார்கள். அவரைப் பார்த்துச் செய்த நகல் என்று அதற்குப் பொருள். அதற்கு விளக்கம் கடைசிப் பக்கத்துப் பொடி எழுத்தில் இருக்கும்! இணையத்தில் விற்பவர்களோ அந்தச் சொல்லையும் விட்டுவிட்டு, பழைய வார இதழிலிருந்து கிழித்த தாளுக்குக் கையால் நிறமேற்றி ‘ஒரிஜினல்’ என்று போடுகிறார்கள். கேட்பார் யாரும் இல்லை. அருங்காட்சியகத்திடம் போனால் விலை சொல்வது எங்கள் வேலையல்ல என்று ஒதுங்கிக்கொள்கிறது. நடுவில் கிடைக்கும் இந்த இடைவெளியில்தான் தரகர்கள் நுழைகிறார்கள்.

நீங்கள் செய்ய வேண்டியது இவ்வளவுதான். ஃபிரேமைப் பிரிக்காதீர்கள், கண்ணாடிக்குள் ஈரத்துணி கொண்டுபோகாதீர்கள். முழுப் படம், கீழ் விளிம்பு, பின்பலகையில் ஏதாவது லேபிள் இருந்தால் அது, எல்லாவற்றையும் பகல் வெளிச்சத்தில் போட்டோ எடுத்து, அச்சுப்படங்களுக்குத் தனிப்பிரிவு வைத்திருக்கும் இரண்டு ஏல நிறுவனங்களுக்கு அனுப்புங்கள். உத்தேச மதிப்பைப் பெரும்பாலும் இலவசமாகவே சொல்வார்கள். பின்பலகை பழைய மரமாக இருந்தால் அதன் அமிலம் தாளைப் பழுப்பாக்கும். படத்தின் மதிப்பு எதுவானாலும், அந்தப் பலகையை மாற்ற நல்ல ஃபிரேம்காரருக்குச் செலவழிப்பது தகும். அதுவரை ரேடியேட்டருக்கு மேலே மட்டும் மாட்டிவிடாதீர்கள்.