75வது நிமிடத்தில் கால் நின்றுபோகிறதா? கால்பந்து கேம் ஸ்டாமினா: கேள்வி பதில்

போன ஞாயிறு நெல்லித்தோப்பில் நாங்கள் வாராவாரம் கூடும் கேமிங் கடையில் எட்டுப் பேர் மோதிய சின்னப் போட்டி நடந்தது. அரையிறுதி இரண்டுமே 80வது நிமிடத்துக்கு மேல்தான் முடிவுக்கு வந்தன. இரண்டிலும் தோற்றவரின் டிஃபெண்டர்கள் அதற்குள் துவண்டுபோயிருந்தார்கள். ஆட்டம் முடிந்ததும் ஆளாளுக்கு ஸ்டாமினா பற்றியே கேட்டார்கள், எழுதி அனுப்புங்கள், எல்லாருக்கும் சேர்த்துப் பதில் சொல்கிறேன் என்றேன். கடலூர்ப் பக்கத்திலிருந்தும் நிறைய வந்திருக்கிறது. வின்னிங் லெவன் என்ற பழைய கால்பந்து கேம் காலத்திலிருந்து ஆடுகிறேன், இந்த விஷயத்தில் எனக்கு ஆர்வம் அதிகம் என்பதால் சில பதில்கள் நீளமாகவே இருக்கும்.

முத்தியால்பேட்டை, பிஎஸ்5: அண்ணா, என் விங்கருக்கு ஸ்டாமினா 85க்கு மேல். ஆனாலும் 60வது நிமிடத்திலேயே தெம்பைக் காட்டும் பட்டை பாதிக்குக் கீழே இறங்கிவிடுகிறது. கேமில் ஏதாவது கோளாறா?

கோளாறு எதுவும் இல்லை தம்பி. ஞாயிற்றுக்கிழமை உங்கள் பின்னால் நின்று பார்த்தேன், முழு வேகத்தில் ஓட வைக்கும் ஸ்பிரிண்ட் பட்டனான ஆர்2-இல் வைத்த விரலை நீங்கள் எடுக்கவே இல்லை. பந்து கோல்கீப்பர் கையில் இருக்கும்போதும் ஓடுகிறீர்கள், எதிராளி தன் டிஃபெண்டருக்குப் பின்னால் பாஸ் போடும்போதும் ஓடுகிறீர்கள், த்ரோ-இன் வாங்க வருகிறவனையும் ஓட வைக்கிறீர்கள். ஸ்பிரிண்ட் பட்டன் அமுங்கியிருக்கும் ஒவ்வொரு நொடியும் அந்த ஆட்டக்காரர் கணக்கில் செலவுதான். ஓட்டத்தை நிறுத்தினால் கொஞ்சம் மீளும், ஆனால் போனது முழுக்கத் திரும்பாது. எஃப்சி (பழைய ஃபிஃபா) கேமில் சொந்த அணி சேர்த்து ஆன்லைனில் ஆடும் அல்டிமேட் டீமில் ஒரு பாதி 6 நிமிடம்தான், 45 நிமிட ஆட்டத்தை அந்த 6 நிமிடத்தில் அடைத்திருக்கிறார்கள், அதனால் நீங்கள் வீணாக ஓடும் 10 நொடி கேம் கணக்கில் ஒரு நிமிடத்துக்கும் மேலான ஓட்டம். அதைக் கூட்டிப் பாருங்கள், 85 ஸ்டாமினா எங்கே போனது என்று புரியும்.

ஸ்பிரிண்ட் எப்போது வேண்டும்? எதிராளியின் முதுகுக்குப் பின்னால் திறந்த இடம் இருக்கும்போது, அல்லது எதிரணி ஆட்டக்காரன் ஒருவன் உங்கள் டிஃபெண்டரைத் தாண்டிவிட்டபோது. மற்ற நேரமெல்லாம் விரலைத் தளர்த்தி வையுங்கள். இன்னொரு லாபமும் இருக்கிறது, ஸ்பிரிண்ட் இல்லாமல் பந்தை வாங்கினால் முதல் தொடுதல் காலோடு ஒட்டி நிற்கும், ஓடிக்கொண்டே வாங்கினால் பந்து ஒரு கஜம் தள்ளிப் போகும், அதைத் துரத்த மறுபடியும் ஓட வேண்டும்.

ஒரு சோதனை செய்யுங்கள். அடுத்த ஆட்டத்தின் முதல் பாதியில் உங்கள் பாதி மைதானத்துக்குள் ஸ்பிரிண்டே தொடக் கூடாது என்று முடிவு செய்து ஆடுங்கள். பந்தை பாஸிலேயே நகர்த்துங்கள். இடைவேளையில் டீம் மேனேஜ்மென்ட் திரையைத் திறந்து பதினொரு பேரின் பட்டையையும் பாருங்கள். பிறகு வழக்கம்போல ஒரு ஆட்டம் ஆடிவிட்டு அதே இடத்தில் பாருங்கள். நான் எவ்வளவு சொன்னாலும் அந்த இரண்டு திரைகள் காட்டுகிற மாதிரி வராது.

அதே நண்பர்: பட்டை குறைந்தால் வேகம் மட்டும்தானே குறையும்?

இல்லை. வேகமும் முடுக்கமும் குறைவது கண்ணுக்குத் தெரிகிறது, அவ்வளவுதான். பாஸ் கொஞ்சம் விலகிப் போகும், ஷாட் மேலே பறக்கும், டேக்கிள் அரை நொடி தாமதமாக விழும், காயம்படும் வாய்ப்பும் கூடும். 85வது நிமிடத்தில் கோல் வாசலில் தவறவிட்டு “கேம் ஏமாற்றிவிட்டது” என்று கன்ட்ரோலரை எறிகிறவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். அந்த ஸ்டிரைக்கரின் பட்டையை ஒரு தடவை பார்த்துவிட்டுக் கோபப்படலாம்.

செம்மண்டலம், கடலூர்: நான் மொபைலில் ஈஃபுட்பால் ஆடுகிறேன். குயிக் கவுன்டர் வைத்து முழு நேரமும் பிரஸ் செய்வேன். முதல் பாதியில் 2-0 முன்னிலை, கடைசியில் 2-3 தோல்வி. மூன்று ஆட்டங்கள் இப்படியே போய்விட்டன.

அந்த ஸ்கோரிலேயே காரணம் இருக்கிறது. குயிக் கவுன்டரில் பந்து போனதும் எல்லாரும் பாய்ந்து நெருக்குவார்கள், அதன்மேல் நீங்களும் பிரஷர் பட்டனை விடாமல் பிடித்தால் ஒரே பந்துக்கு இரண்டு, மூன்று பேர் மூச்சைச் செலவழிக்கிறார்கள். அந்த ஸ்டைலை விட வேண்டியதில்லை, நல்ல ஸ்டைல்தான். பட்டனை எப்போது பிடிப்பது என்பதை மட்டும் மாற்றுங்கள். எதிராளி முதுகைக் காட்டி நிற்கும்போது, பந்து அவனிடமிருந்து தள்ளிப் போகும்போது, ஓரக்கோட்டில் அவன் சிக்கும்போது நெருக்குங்கள். நடு மைதானத்தில் நிமிர்ந்து நின்று பார்க்கிறவனை நோக்கி ஓடினால் அவன் ஒரே பாஸில் உங்களைத் தாண்டிவிடுவான், நீங்கள் ஓடிய ஓட்டம் அவனுக்கு இடம் கொடுத்ததுதான் மிச்சம்.

2-0 ஆனதும் ஆட்டத்தை ஆறவிடுங்கள். பந்தைப் பின்னால் கொண்டுவந்து நாலு பாஸ் போட்டால் அவன்தான் ஓட வேண்டும். பெஞ்சில் ‘சூப்பர் சப்’ திறன் உள்ள ஒரு ஸ்டிரைக்கரை வையுங்கள், இரண்டாம் பாதியில் இறங்கும்போதுதான் அந்தத் திறனுக்கு மதிப்பு. அப்புறம், ஆட்டக்காரர் பெயருக்குப் பக்கத்தில் வரும் அம்புக்குறி அன்றைய ஃபார்மைக் காட்டுவது, அதை ஸ்டாமினா என்று நினைத்துக் குழம்ப வேண்டாம்.

லாஸ்பேட்டை, கல்லூரி மாணவர்: சப், அதாவது ஆள் மாற்றுவதை, எப்போது செய்வது? நான் 80வது நிமிடம் வரை வைத்திருந்து செய்கிறேன்.

பத்து நிமிடம் ஆடுவதற்கு எதற்குத் தம்பி புது ஆள்? 80இல் இறங்குகிறவன் ஆட்டத்துக்குள் வருவதற்குள் விசில் ஊதிவிடும். நான் 60க்கும் 70க்கும் நடுவில் முதல் இரண்டு மாற்றங்களைச் செய்வேன். யாரை எடுப்பது என்றால் முதலில் விங்கர், அடுத்தது ஏறி இறங்கும் ஃபுல்பேக், அப்புறம் பாக்ஸிலிருந்து பாக்ஸ் வரை ஓடும் மிட்ஃபீல்டர். சென்டர்பேக்கை நீங்கள் கையில் எடுத்துக் கண்டபடி ஓட்டாமல் இருந்தால் அவர் பெரும்பாலும் 90 நிமிடமும் தாங்குவார். கோல்கீப்பரைப் பற்றிக் கவலையே வேண்டாம்.

நிஜ ஆட்டத்திலும் இது பெரிய விஷயம். 2020 மே மாதத்தில், கொரோனாவால் ஆட்டங்கள் நெருக்கி அடித்து வந்ததால், ஐந்து மாற்று ஆட்டக்காரர்களைத் தற்காலிகமாக அனுமதித்தார்கள். 2022இல் அதை விதியிலேயே நிரந்தரமாக்கிவிட்டார்கள். ஆனால் இடைவேளையைச் சேர்க்காமல் மூன்று தடவைக்குள் அந்த ஐந்தையும் முடிக்க வேண்டும். பயிற்சியாளர்கள் இரண்டு இரண்டாக மாற்றுவது அதனால்தான், நீங்களும் அப்படிச் செய்து பழகலாம்.

ஒன்று மட்டும் எச்சரிக்கை. ஒரு இறுதிப் போட்டியில் 55வது நிமிடத்துக்குள் நான் கையிலிருந்த மாற்றங்களையெல்லாம் தீர்த்துவிட்டேன், 70இல் சென்டர்பேக் காயம்பட்டு விழுந்தார், பத்துப் பேரோடு முடித்தேன், தோற்றேன். அன்றிலிருந்து ஒரு மாற்றத்தைக் கடைசிவரை தொடுவதில்லை. எஃப்சி கேமில் குயிக் சப் வசதி இருக்கிறது, ஆட்டம் தொடங்கும் முன்பே யாருக்குப் பதில் யார் என்று வைத்துவிட்டால் பந்து வெளியே போன நேரத்தில் மெனுவுக்குள் போகாமலே மாற்றிவிடலாம். எதிராளி பொறுமையில்லாமல் காத்திருக்கும்போது பதற்றத்தில் தப்பான ஆளை எடுக்கும் தொல்லை இருக்காது.

முதலியார்பேட்டை: ரிலென்ட்லெஸ் பிளேஸ்டைல் உள்ளவன், அது இல்லாமல் ஸ்டாமினா எண் கூட இருப்பவன், யாரை எடுக்கலாம்?

பிளேஸ்டைல் என்பது ஆட்டக்காரருக்கு உள்ள தனித் திறன், எஃப்சி 24இல் வந்தது இது. ஆடும்போது களைப்பு மெதுவாக ஏறும், இடைவேளையில் கூடுதலாக மீளும், இரண்டு பலன். எண்ணில் இரண்டு மூன்று வித்தியாசம் என்றால் ரிலென்ட்லெஸ் உள்ளவனையே எடுப்பேன், அதுவும் நடு மிட்ஃபீல்டுக்கு. பதினைந்து, இருபது வித்தியாசம் என்றால் எண்தான். ஸ்டிரைக்கருக்கு இதைத் தேடிப் பணத்தைச் செலவழிக்காதீர்கள், அவரை எப்படியும் மாற்றத்தானே போகிறீர்கள்.

கடலூர் ஓ.டி.: பழைய ஃபிஃபாவில் ஃபிட்னஸ் கார்டு வாங்கித் தெம்பை ஏற்றுவோமே, அது எங்கே?

ஃபிஃபா 21இல் எடுத்துவிட்டார்கள். நல்லதுதான், நாணயம் மிச்சம்.

காலாப்பட்டு: எஃப்சி 25க்கு மாறியதும் வொர்க் ரேட்டைக் காணவில்லை. யார் அதிகம் ஓடுவார் என்று எப்படித் தெரிந்துகொள்வது?

தாக்குதலிலும் தடுப்பிலும் ஒருவர் எவ்வளவு ஓடுவார் என்று காட்டிய வொர்க் ரேட்டை எடுத்துவிட்டு, ஒவ்வொருவரின் வேலையையும் நாமே வைக்கும் ரோல் முறையைக் கொண்டுவந்தார்கள். முன்பு ஹை/ஹை என்றால் அவர் இரண்டு பக்கமும் ஓடிக் களைப்பார் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். இப்போது அதை முடிவு செய்கிறவர் நீங்கள். இரண்டு ஃபுல்பேக்குக்கும் ஏறி ஆடும் ரோல் கொடுத்தால் இரண்டு பேருமே 70இல் தளர்ந்துவிடுவார்கள். ஒருவர் ஏறட்டும், இன்னொருவர் பின்னால் நிற்கட்டும். தடுப்பு முறையில் ‘அக்ரஸிவ்’ வைத்து டிஃபெண்டர்கள் நிற்கும் லைனையும் மேலே ஏற்றினால் மொத்த அணிக்கும் செலவு. நான் அதைப் பின்தங்கியிருக்கும்போது கடைசிப் பத்து நிமிடத்துக்கு மட்டும் எடுப்பேன், மற்றபடி பேலன்ஸ்ட்.

அரியாங்குப்பம்: ஒரு கிளப்பைப் பருவம் முழுக்க நடத்தும் கேரியர் மோடில் என் சிறந்த 11 பேரையே எல்லா ஆட்டத்திலும் இறக்குகிறேன். டிசம்பரில் தொடர்ந்து தோற்கிறேன்.

இங்கிலாந்து லீக் என்றால் டிசம்பர் கடைசியில் இரண்டு மூன்று நாளைக்கு ஒரு ஆட்டம் வரும், எந்த 11 பேரும் அதைத் தாங்க மாட்டார்கள். ஃபிஃபா 21இலிருந்து ‘ஷார்ப்னஸ்’ என்ற இன்னொரு அளவும் இருக்கிறது. பயிற்சி நாள் வைத்தால் ஷார்ப்னஸ் ஏறும், தெம்பு இறங்கும். ஓய்வு நாள் வைத்தால் நேர்மாறு. பலர் அட்டவணையைத் தொடாமலே நாட்களை ஓட்டிவிடுகிறார்கள், அங்கேதான் பிசகுகிறது. ஆட்டத்துக்கு முந்தைய நாளை ஓய்வாக வையுங்கள். கோப்பையின் ஆரம்பச் சுற்றுகளில் சின்ன அணி வந்தால் இரண்டாம் நிலை ஆட்டக்காரர்களை இறக்குங்கள், அவர்களுக்கும் ஷார்ப்னஸ் ஏறும், முக்கியமானவர்களுக்கு மூச்சு கிடைக்கும். பதினாறு, பதினேழு பேரை நம்பி ஆடப் பழகினால் டிசம்பர் தானாகச் சரியாகும்.

திருப்பாதிரிப்புலியூர், கால்பந்து ஆடும் தங்கை: நான் மைதானத்தில் மிட்ஃபீல்டர். கேமில் வருவது நிஜத்தோடு ஒத்துப்போகிறதா அண்ணா?

வந்ததிலேயே எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது, தங்கச்சி. இந்திய அணிக்கு ஆடிய மிட்ஃபீல்டர் இந்துமதி கதிரேசன் உங்கள் கடலூர்க்காரர்தானே, அந்த ஊரிலிருந்து இப்படி ஒரு கேள்வி வருவதில் ஆச்சரியமில்லை. தமிழ்நாடு பெண்கள் அணி 2018இலும் 2023இலும் தேசியப் பட்டம் வென்றது எத்தனை கேமர்களுக்குத் தெரியும் என்று எனக்குள் ஒரு வருத்தம் உண்டு.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். உயர்நிலை ஆட்டத்தில் ஒரு மிட்ஃபீல்டர் ஏறத்தாழ 10 முதல் 12 கிலோமீட்டர் ஓடுவார், ஆனால் அதில் முழு வேக ஓட்டம் சின்னப் பங்குதான், மீதியெல்லாம் நடையும் மெல்லோட்டமும். அந்த விகிதத்தைக் கேம் சரியாகவே எதிர்பார்க்கிறது, அந்த விகிதத்தைக் கெடுப்பது நம் விரல்தான். மைதானத்தில் நீங்கள் 90 நிமிடமும் முழு வேகத்தில் ஓட மாட்டீர்கள் இல்லையா? நிஜத்தில் ஆடுகிறவர்கள் கேமுக்கு வந்தால் ஸ்டாமினாவைச் சீக்கிரம் பிடித்துக்கொள்கிறார்கள், அது அதனால்தான்.

ஒத்துப்போகாதது வெயில். நம் ஊரில் மே மாதம் மாலை நாலு மணிக்கு இறங்கினால் கடல் காற்று வருவதற்குள் சட்டை பிழிய வேண்டியிருக்கும், ஈரப்பதம் மூச்சை அடைக்கும். 2014 உலகக் கோப்பையில் ஃபோர்ட்டலேசாவில் நெதர்லாந்து, மெக்சிகோ ஆட்டத்தைத் தண்ணீர் குடிக்க நிறுத்தியது நினைவிருக்கலாம். கேமில் அந்தப் புழுக்கம் நம் ஆட்டக்காரர்களை வாட்டுவதை நான் உணர்ந்ததில்லை. உப்பளம் மைதானத்தில் ஒரு மே மாத ஆட்டத்தை அப்படியே கேமில் கொண்டுவந்தால் நான் முதல் ஆளாக வாங்குவேன்.

பண்ருட்டி: அணியை நிர்வகிக்கும் கேமான ஃபுட்பால் மேனேஜரில் ஸ்டாமினாவும் நேச்சுரல் ஃபிட்னஸும் ஒன்றா?

ஒன்றில்லை. ஸ்டாமினா ஒரு ஆட்டத்துக்குள் எவ்வளவு நேரம் தாங்குவார் என்பது. நேச்சுரல் ஃபிட்னஸ் அடுத்த ஆட்டத்துக்குள் எவ்வளவு சீக்கிரம் தேறுவார் என்பது, வயது ஏறினாலும் உடல் தாங்குமா என்பதும் அதில் அடங்கும். ஐரோப்பியப் போட்டியும் லீக்கும் சேர்ந்து வரும் பருவத்துக்கு ஆள் எடுக்கும்போது பலர் முதலாவதை மட்டும் பார்த்து ஏமாறுகிறார்கள். பந்து போன உடனே நெருக்கும் கெகன்பிரஸ் ஆடுகிறீர்கள் என்றால் இரண்டும் இல்லாமல் முடியாது.

வில்லியனூர்: எக்ஸ்ட்ரா டைம் வந்தால் என்ன செய்வது? அதுவரை நன்றாக ஆடிவிட்டு அங்கே தோற்கிறேன்.

இன்னும் 30 நிமிடம் என்பதை மனதில் வைத்து 85வது நிமிடத்திலேயே திட்டம் போடுங்கள். ஸ்கோர் சமமாக இருந்து எதிராளியும் பதுங்கி ஆடினால் ஒரு மாற்றத்தைக் கையிலேயே வைத்திருங்கள், 91இல் வேகமான ஒரு விங்கரை இறக்குங்கள். களைத்த ஃபுல்பேக்குக்கு எதிராகப் புதுக் கால் ஓடினால் எப்படி இருக்கும் என்று அந்தப் பக்கம் இரண்டு தடவை பந்தைக் கொடுத்துப் பாருங்கள். பிரஸ்ஸிங்கைக் குறைத்து லைனைக் கொஞ்சம் கீழே இறக்குங்கள், துவண்ட சென்டர்பேக்கின் பின்னால் இடம் விட்டால் அதோடு கதை முடிந்தது. பெனால்டி ஷூட்டவுட்டுக்குப் போகும் என்று தோன்றினால், நன்றாக அடிக்கிறவர்களில் இரண்டு பேரையாவது மைதானத்தில் வைத்திருங்கள், அவசரத்தில் அவர்களையும் மாற்றிவிடாதீர்கள்.

வரும் ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்குக் கடையில் இருப்பேன், முத்தியால்பேட்டைத் தம்பி அந்த இரண்டு திரைகளையும் போட்டோ எடுத்துக்கொண்டு வரட்டும்.