கோடெலின் தேற்றமும் உங்கள் ஏகாரமும்

கேள்வி: எல்லாவற்றையும் நிரூபித்துவிட முடியாது என்பதைக் கோடெலின் கோட்பாடு காட்டிவிட்டதே, பிறகும் நம்பிக்கையைவிட நிரூபணமே மேல் என்று இந்தப் பக்கத்தில் எழுதிவருகிறீர்களே, ஏன்?

பதில்: கணிதத் தர்க்க அறிஞர் கோடெல் தந்தது கோட்பாடன்று, தேற்றம். கோட்பாட்டைக் கொள்ளலாம், பின்னாளில் கைவிடவும் செய்யலாம். தேற்றம் என்ற சொல்லோ நம் இலக்கணத்தில் வெகுகாலமாக இருப்பது. ஏகாரத்துக்குத் தொல்காப்பியர் சொல்லும் ஐந்து பொருள்களில் முதலாவது அதுதான். ‘உண்டே மறுமை’ என்று உரைகாரர் அதற்கு எடுத்துக்காட்டுத் தருவர். அங்கே துணிவு முழுவதையும் அந்த ஓர் ஏகாரம் சுமக்கிறது. கணிதத்தில் ஒரு கூற்று தேற்றம் என்று பெயர் பெற அந்த அழுத்தம் போதாது. தொடக்கத்தில் ஏற்றுக்கொண்ட அடிகோள்களிலிருந்து அந்தக் கூற்று வரை, ஒவ்வொரு படியையும் எவரும் சரிபார்க்கும்படி எழுதிக் காட்டியாக வேண்டும். உங்கள் ‘காட்டிவிட்டதே’யில் இருப்பது இலக்கணத்தின் தேற்றம். கோடெல் காட்டியது கணிதத்தின் தேற்றம்.

அவர் அதை முதலில் வெளியே சொன்னது 1930 செப்டம்பர் 7 அன்று, கோனிக்ஸ்பெர்க் நகரில் நடந்த ஒரு மாநாட்டின் கலந்துரையாடலில். அப்போது அவருக்கு வயது 24. மறுநாள் அதே நகரில் உரையாற்றிய கணித அறிஞர் ஹில்பெர்ட், நாம் அறிந்தாக வேண்டும், அறிந்தே தீருவோம் என்று முடித்தார். அடுத்த ஆண்டு கோடெலின் கட்டுரை வெளிவந்தது. அதன் முழுமையின்மைத் தேற்றம், ரோஸர் 1936இல் செம்மையாக்கிய வடிவில், சொல்வது இதுதான்: முரண்பாடற்றதாகவும், ஒரு கூற்று அதன் அடிகோள்தானா என்பதை இயந்திரம்போலச் சரிபார்க்கத்தக்கதாகவும், இயல் எண்களின் கூட்டலையும் பெருக்கலையும் கையாளும் வலிமை உடையதாகவும் ஓர் அமைப்பு இருந்தால், அந்த அமைப்பால் நிறுவவும் மறுக்கவும் முடியாத கூற்று ஒன்று அதன் மொழியிலேயே இருக்கும். இந்த நிபந்தனைகளில் ஒன்றைத் தளர்த்தினாலும் முடிவு நிற்காது. பெருக்கலை விட்டுவிட்டுக் கூட்டலை மட்டும் வைத்துக்கொண்டால் ஒவ்வொரு கூற்றையும் தீர்த்துவிடலாம் என்று பிரெஸ்பர்கர் 1929லேயே நிறுவியிருந்தார். ஆகவே ‘எல்லாவற்றையும் நிரூபிக்க முடியாது’ என்ற வாக்கியத்தில் ‘எந்த அமைப்புக்குள்’ என்ற சொற்கள் விடுபட்டிருக்கின்றன. மேடைகளில் கோடெல் பெயர் அடிபடும் இடங்களில் எல்லாம் இந்தச் சொற்களே விடுபடுகின்றன. அதனால்தான் இவ்வளவு வற்புறுத்துகிறேன்.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 4ஐ 2இன் 2ஆம் அடுக்கு என்று எழுதி, 2 வரும் இடங்களில் எல்லாம் 3 இட்டால் 3இன் 3ஆம் அடுக்கு, அதாவது 27. அதில் 1ஐக் கழித்தால் 26. அதை 3இன் அடுக்குகளால் எழுதினால் இரண்டு ஒன்பது, இரண்டு மூன்று, மிச்சம் இரண்டு. இப்போது 3க்குப் பதில் 4 இட்டால் இரண்டு பதினாறு, இரண்டு நான்கு, மிச்சம் இரண்டு, ஆக 42. ஒன்றைக் கழித்தால் 41. இப்படியே அடுத்தடுத்து 60, 83 என்று ஏறிக்கொண்டே போகும். ஆனால் எந்த எண்ணில் தொடங்கினாலும் இந்த வரிசை என்றோ ஒருநாள் 0இல் வந்து முடியும் என்று குட்ஸ்டைன் 1944இல் நிறுவினார். 3இல் தொடங்கினால் 3, 3, 3, 2, 1, 0 என்று சட்டென முடிந்துவிடுகிறது. 4இல் தொடங்கினால் ஆகும் படிகளின் எண்ணிக்கையை எழுதவே 12 கோடிக்கும் அதிகமான இலக்கங்கள் வேண்டும்.

இயல் எண்களுக்கு வழக்கமாகக் கொள்ளும், பியானோ என்ற கணித அறிஞரின் பெயர் பெற்ற அடிகோள்களை மட்டும் வைத்துக்கொண்டு குட்ஸ்டைனின் முடிவை நிறுவ முடியாது என்று கிர்பியும் பாரிஸும் 1982இல் காட்டினார்கள். அந்த அடிகோள்களுக்கு எட்டாத இந்த உண்மையை நாம் நம்பிக்கையால் பெறவில்லை. முடிவிலிக்கு அப்பாலும் வரிசைப்படுத்தி எண்ண உதவும் முடிவிலி வரிசையெண்கள் என்ற பெரிய கருவியைக் கொண்டு குட்ஸ்டைன் போட்ட நிரூபணத்தால் பெற்றோம். அத்தகைய ஓர் அமைப்பு தன் முரண்பாடின்மையைத் தானே நிறுவ முடியாது என்னும் கோடெலின் இரண்டாவது தேற்றத்திலும் கதை இதுவே: பியானோ அடிகோள்கள் முரண்படுவதில்லை என்பதை, அவற்றுக்கு வெளியே ஒரு தொகுத்தறிதல் முறையைச் சேர்த்துக்கொண்டு கென்ட்சென் 1936இல் நிறுவினார். அந்தக் கூடுதல் முறையை ஏற்கலாமா என்று ஒருவர் கேட்டால் அது நியாயமான கேள்வி. அதைத்தான் கணிதத் தர்க்க அறிஞர்கள் விவாதித்துவருகிறார்கள்.

கோடெல் கடவுள் நம்பிக்கை உள்ளவர். ஆனால் அந்த நம்பிக்கைக்கு அவர் தம் முழுமையின்மைத் தேற்றத்தைத் துணைக்கு அழைக்கவில்லை. கடவுள் உண்டு என்பதற்கு வரையறைகளும் அடிகோள்களும் வைத்து, படிப்படியாக ஒரு நிரூபணம் எழுதினார். 1970இல் அதைத் தர்க்க அறிஞர் டேனா ஸ்காட்டிடம் காட்டினார். ஸ்காட் சிறிது மாற்றி எழுதிவைத்த வடிவத்தைக் கணினி நிரல்கள் படி பிசகாமல் சரிபார்த்துவிட்டன; அதன் அடிகோள்களை ஏற்பதும் ஏற்காததும் நம் விருப்பம். கோடெலின் சொந்தக் கையெழுத்துப் படியிலோ, அடிகோள்களும் வரையறைகளும் ஒன்றோடொன்று முரண்படுவதை ஒரு தேற்ற நிரூபண நிரல் கண்டுபிடித்தது. ஸ்காட் மாற்றியிருந்தது ஒரு வரையறையை. அதில் சேர்த்த ஓர் உறுப்பில்தான் முரண்பாடு தீர்ந்திருந்தது.