பினாங்குக்குப் போனவர்கள் – கடிதமும் பதிலும்

ஐயா, வணக்கம்.

எனக்குச் சொந்த ஊர் திருப்பத்தூர் பக்கம், இருப்பது காரைக்குடியில். மருது பாண்டியரோடு நின்றவர்களில் தூக்கில் போட்டது போக மிச்சம் பேரை அந்தமானுக்குக் கொண்டுபோனார்கள் என்றுதான் எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் சொல்வார்கள். சமீபத்தில் ஒரு கூட்டத்தில் பேசியவர், அவர்கள் செல்லுலார் சிறையில் செக்கிழுத்ததாகவே சொன்னார். கைதட்டல் பலம். எனக்குக் கணக்கு இடித்தது. 1802இல் அங்கே சிறை இருந்ததா? அந்தக் காலத்தில் ஒருவரை நாடு கடத்துவது என்றால் யார் கப்பல், யார் காவல், என்ன சாப்பாடு, போன இடத்தில் என்ன வேலை?

இன்னொரு கேள்வி. வீட்டைப் பழுதுபார்க்க வந்த கொத்தனார், நம் முட்டைப் பூச்சைச் சிங்கப்பூர் தேவாலயம் ஒன்றில் கைதிகளே பூசியிருக்கிறார்கள் என்றார். நிஜமா? கடைசியாக, எங்கள் வகையறாவில் ஒருவர் அந்தக் கூட்டத்தில் போனதாகப் பேச்சு உண்டு. பெயரை எங்கே தேடுவது?

மெ., காரைக்குடி

அன்புள்ள மெ. அவர்களுக்கு,

உங்கள் சந்தேகம் சரிதான். 1802இல் அந்தமானில் சிறையும் இல்லை, கம்பெனியின் குடியேற்றமும் இல்லை. அதற்கு முன்பு ஒரு முயற்சி நடந்தது. 1789இல் ஆர்ச்சிபால்ட் பிளேர் சாத்தம் தீவில் ஒரு குடியேற்றம் அமைத்தார். மூன்று வருஷத்தில் அதை வடக்கே வேறொரு துறைமுகத்துக்கு மாற்றினார்கள். அங்கே காய்ச்சலில் ஆட்கள் செத்துக்கொண்டே இருந்ததால் 1796இல் கடையைக் கட்டிவிட்டு, இருந்த கைதிகளைப் பினாங்குக்கு அனுப்பினார்கள். அதன்பின் அறுபது வருஷத்துக்கு மேல் அந்தமானுக்கு யாரையும் அனுப்பவில்லை. 1857 கலகத்துக்குப் பிறகு, 10 மார்ச் 1858 அன்றுதான் ஜே. பி. வாக்கர் 200 கைதிகளோடு ‘செமிராமிஸ்’ கப்பலில் போய் இறங்கினார். செல்லுலார் சிறை அதற்கும் பிந்தியது. 1896இல் தொடங்கி 1906இல் கட்டி முடித்தார்கள். பேச்சாளர் காட்டிய செக்குக்கும் மருதுவின் ஆட்களுக்கும் நடுவே நூறு வருஷம் கிடக்கிறது.

செக்கு என்றதும் நம் ஆட்களுக்கு வ.உ.சி. நினைவும் சேர்ந்து வந்துவிடுகிறது. அவருக்கு 1908இல் நீதிபதி பின்ஹே விதித்தது நாடு கடத்தல்தான், அதுவும் இரட்டை ஆயுள். மேல்முறையீட்டில் அது குறைந்தது. ஆனால் அவர் கடல் தாண்டவே இல்லை. கோயம்புத்தூரிலும் கண்ணூரிலும் சிறையில் இருந்தார், செக்கிழுத்தது கோயம்புத்தூரில். அந்தக் காலத்தில் தீர்ப்பில் நாடு கடத்தல் என்று இருந்தாலே ஆள் கப்பலேறினார் என்று அர்த்தமில்லை. அந்தத் தண்டனை சட்டப் புத்தகத்தில் 1955 வரை இருந்தது. 1956 ஜனவரி முதல் அதன் இடத்தில் ஆயுள் சிறை வந்தது.

இனி உங்கள் ஊர்க்காரர்கள். மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்டது 24 அக்டோபர் 1801. சிவகங்கையின் வேங்கன் பெரிய உடையத் தேவர் (வேலு நாச்சியாரின் மகள் வெள்ளச்சியின் கணவர்), சின்ன மருதுவின் மகன் துரைச்சாமி உட்பட 73 பேரை 11 பிப்ரவரி 1802 அன்று தூத்துக்குடியில் கப்பலேற்றினார்கள். போன இடம் பினாங்கு. கம்பெனிக் கணக்கில் அதற்கு வேல்ஸ் இளவரசர் தீவு என்று பெயர். அங்கிருந்து உடையத் தேவரைச் சுமத்ராவின் மேற்குக் கரையிலுள்ள பென்கூலனுக்குக் கொண்டுபோனார்கள். அந்த வருஷமே அவர் அங்கே இறந்துபோனார்.

துரைச்சாமியைப் பற்றி மட்டும் கண்ணால் பார்த்த சாட்சி ஒன்று இருக்கிறது. 1801 போரில் எதிர்த்தரப்பில் இருந்த கர்னல் ஜேம்ஸ் வெல்ஷ், அதற்கு முன்பு மருதுவிடம் வளரி (வளைந்த எறிதடி) எறியக் கற்றுக்கொண்டவர். 1818இல் அவர் பினாங்கில் இருந்தபோது துரைச்சாமி அவரைப் பார்க்க வந்தார். வெல்ஷுக்கு ஆளை அடையாளம் தெரியவில்லை. பிடிபட்டபோது மீசை அரும்பும் வயதில் இருந்த பையன், பதினேழு வருஷத்தில் தளர்ந்த கிழவனாகி நின்றார். மேடையில் சொல்ல இதைவிட வேறென்ன வேண்டும்? இருக்கிற சாட்சியை விட்டுவிட்டு இல்லாத செக்கில் அவரைப் பூட்டுவதில் எனக்கு உடன்பாடு இல்லை.

ஏன் பினாங்கு என்றால், அங்கே கூலியாள் தேவைப்பட்டது. இந்த வரலாற்றில் பிடித்துக்கொள்ள வேண்டிய கயிறு இதுதான். கைதி எங்கே போவான் என்பதைக் குற்றத்தைவிட, அந்த வருஷம் எந்தத் துறைமுகம் கட்டப்பட்டுக்கொண்டிருந்தது என்பதே தீர்மானித்தது. 1787 முதல் பென்கூலன். 1790 வாக்கில் பினாங்கு. 1815 முதல் மொரீஷியஸ், அங்கே போனவர்கள் பெரும்பாலும் வங்காள, பம்பாய்க் கைதிகள், சுமார் 1,500 பேர். 1824 ஒப்பந்தத்தில் பென்கூலன் டச்சுக்காரர் கைக்குப் போனதும், அங்கிருந்த கைதிகளில் ஒரு பகுதி 1825 ஏப்ரலில் சிங்கப்பூர் வந்து சேர்ந்தது. பர்மாவின் முதல் போர் முடிந்தபின் அரக்கானும் தனாசரியும். உங்கள் வீட்டு நிலைப்படிக்குத் தேக்கு வந்த மௌல்மீனில் சாலை போட்டவர்களிலும் நம் பக்கத்துக் கைதிகள் உண்டு. 1858க்குப் பிறகு அந்தமான். நீரிணைக் குடியேற்றங்களில் (பினாங்கு, மலாக்கா, சிங்கப்பூர்) மிச்சமிருந்தவர்களையும் 1873இல் அங்கேயே மாற்றினார்கள். ஆக, ஒருவர் போன வருஷம் தெரிந்தால் போன இடத்தைப் பெரும்பாலும் சொல்லிவிடலாம்.

கப்பல் விஷயத்துக்கு வருகிறேன். பிரிட்டன் ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பியபோது கைதிகளுக்கென்றே கப்பலை அமர்த்தியது. 1788 முதல் 1868 வரை சுமார் 1,62,000 பேர் அப்படிப் போனார்கள். இந்தியாவில் அந்த ஆடம்பரம் கிடையாது. துறைமுகத்தில் புறப்படத் தயாராக நிற்கும் வணிகக் கப்பலில் தலைக்கு இவ்வளவு என்று பேசி ஏற்றிவிடுவார்கள். கீழ்த்தட்டில் ஒரு பக்கம் சரக்கு, ஒரு பக்கம் சங்கிலியில் ஆட்கள். காவலுக்கு ஒரு சின்ன சிப்பாய்க் கூட்டம், சில நேரம் கப்பலாட்களே காவல். ஆளை ஊரிலிருந்து துறைமுகத்துக்கு நடத்தியே கொண்டுவருவார்கள். கப்பல் கிடைக்கும்வரை, காற்று ஒத்துவரும்வரை துறைமுகச் சிறையில் கிடக்க வேண்டும்.

காற்றைப் பற்றி, கடல் கடந்து வியாபாரத்துக்குப் போன உங்கள் ஊர் முன்னோருக்குச் சொல்ல வேண்டியதில்லை. தென்மேற்குப் பருவத்தில் வங்கக் கடலைக் கிழக்கே கடப்பது சுளுவு. பிப்ரவரியில் வாடை இன்னும் முகத்தில் அடிக்கும். தூத்துக்குடியிலிருந்து அப்போது கிளம்பும் பாய்க்கப்பல் சுற்றி வளைத்து, காற்றைத் தேடி, நாள் கணக்கில் நீரில் நிற்கும். நாள் நீண்டால் முதலில் குறைவது தண்ணீர். அடுத்தது சாப்பாட்டில் சிக்கல். பிறர் கை பட்ட அடுப்பில் சமைத்ததைச் சாப்பிட மறுப்பவர்கள் இருந்தார்கள். அவர்களுக்கு அவல், பொரி, கடலை போன்ற வறட்டுத் தீனிதான். வாரக்கணக்கில் அதையே தின்று, பீப்பாய்த் தண்ணீரைக் குடித்தால் வயிறு கெடும். கீழ்த்தட்டில் ஒருவனுக்குப் பேதி கண்டால் பக்கத்துச் சங்கிலிக்கும் பரவும்.

பணம் கொடுக்கும் முறையிலும் சாவு இருந்தது. இதற்கு அப்பட்டமான சான்று 1790இல் சிட்னி போன இரண்டாம் கைதிக் கப்பல் தொகுதி. ஒப்பந்தக்காரருக்கு ஏற்றிய தலைக்குப் பணம், இறக்கிய தலைக்கு அல்ல. வழியில் செத்தவனுடைய படி மிச்சம். கிளம்பியவர்களில் நாலில் ஒருவர் போய்ச் சேரவில்லை. பிறகு உயிரோடு இறங்கியவனுக்கே முழுப் பணம் என்று விதியை மாற்றி, 1815 முதல் கப்பலுக்கு ஒரு மருத்துவரையும் பொறுப்பாக வைத்தபின் சாவு மளமளவென்று குறைந்தது. கடலும் கப்பலும் அதேதான், கணக்குப் பிள்ளை எழுதுகிற பத்திதான் மாறியது.

காவல் குறைவாக இருந்ததன் பலனும் தெரிந்தது. 1854இல் ‘கிளாரிசா’ என்ற கப்பலில் பினாங்குக்குப் போய்க்கொண்டிருந்த கைதிகள் எழுந்து, கேப்டனைக் கொன்று, கப்பலைத் தனாசரிக் கரைக்குக் கொண்டுபோனார்கள். தப்பிப்பதில் கஷ்டமே கரை இறங்கியபின்தான். பழைய கைதிகளின் நெற்றியில் பச்சை குத்தியிருக்கும். ஆயுள் கைதிக்குப் பெயர், குற்றம், தண்டனைத் தேதி ஆகியவற்றை நெற்றியிலேயே குத்தும் வழக்கம் வங்காளத்திலும் சென்னையிலும் 1849 வரை சட்டப்படி இருந்தது. தலைப்பாகையை இறக்கிக் கட்டி மறைப்பார்கள். அந்தமானில் 1858இல் ஓடியவர்களுக்குக் காடே எதிரி. பர்மா தரைவழியில் எட்டிவிடும் தூரம் என்று நம்பி ஓடினார்கள். திரும்பிப் பிடிபட்டவர்களில் 80க்கும் மேற்பட்டவர்களை வாக்கர் ஒரே நாளில் தூக்கிலிட்டார்.

போய்ச் சேர்ந்தபின் வேலை. நீரிணைக் குடியேற்றங்களில் கைதிகளை ஆறு வகுப்பாகப் பிரித்தார்கள். புதிதாக வந்தவன் நாலாம் வகுப்பு, விலங்கோடு சாலை வேலை. ஒழுங்காக இருந்தால் மூன்று, இரண்டு என்று ஏறலாம். இரண்டாம் வகுப்புக்கு வந்தவன் ஆஸ்பத்திரியிலோ அலுவலகத்திலோ வேலை பார்க்கலாம், அல்லது மற்றக் கைதிகளுக்கு மேஸ்திரியாகலாம். முதல் வகுப்புக்கு அனுமதிச் சீட்டு உண்டு, வெளியே தங்கிப் பிழைத்துக்கொள்ளலாம். தவறு செய்தால் ஐந்தாம் வகுப்பு, கடுங்காவல். ஆறாவது, வயதானவர்களும் நோயாளிகளும். இந்த ஏணியால் சர்க்காருக்குப் பெரிய லாபம். கைதிக்குக் கைதியே காவல், வார்டர் சம்பளம் மிச்சம். சதுப்பை மேடாக்கினார்கள், செங்கல் சுட்டார்கள், பவளப்பாறையை எரித்துச் சுண்ணாம்பு எடுத்தார்கள்.

உங்கள் கொத்தனார் சொன்னது நிஜம். தேவாலயத்தின் பெயர் செயின்ட் ஆண்ட்ரூஸ். 1856இல் அடிக்கல், 1861 அக்டோபரில் முதல் வழிபாடு, 1862 ஜனவரியில் அர்ச்சிப்பு. வரைபடம் கர்னல் ரொனால்ட் மக்ஃபெர்சன், கைவேலை இந்தியக் கைதிகள். உட்சுவருக்கு அவர்கள் பூசியதை ‘மெட்ராஸ் சுண்ணம்’ என்றே அங்கே சொன்னார்கள். கைதிகளின் பொறுப்பிலிருந்த மேஜர் மக்நாயர் செய்முறையை எழுதி வைத்திருக்கிறார். கிளிஞ்சல் சுண்ணாம்பு, மணல் துளியும் சேர்க்காமல். முட்டை வெள்ளைக்கருவையும் கருப்பட்டி அல்லது நாட்டுச் சர்க்கரையையும் சேர்த்து அடித்துக் கூழாக்கி அதில் கலப்பது. கரைக்கத் தேங்காய் மட்டை ஊறிய தண்ணீர். நம் ஊரில் கடுக்காய் ஊறிய தண்ணீர் விடுகிற இடம் அது. பூசி இறுகியதும் உருண்டைக் கல்லாலும் படிகக் கல்லாலும் தேய்த்து, மாக்கல் பொடி தூவி மெருகேற்றுவது. சுவர் வியர்த்துக்கொண்டே இருக்கும், அவ்வப்போது துடைக்க வேண்டும். துடைக்காமல் விட்டால் மெருகு மங்கிவிடும்.

பழுதுபார்க்கிறீர்கள் என்பதால் ஒன்று சொல்கிறேன். இந்தப் பூச்சில் பெரும்பாலும் தவறு நடப்பது முட்டையில் அல்ல, சுண்ணாம்பில். நீறாத குருணை ஒன்று உள்ளே தங்கினாலும், பிறகு ஈரம் பட்டு உப்பி, சுவரில் சின்னச் சின்னக் குழியாகத் தெறிக்கும். நன்றாக ஊறவைத்து, துணியில் வடிகட்டி, வெண்ணெய் போல அரைத்தால்தான் பிழைக்கும். கருப்பட்டியைக் கூட்டினால் இறுக நாளாகும், எறும்பும் வரும். அடிப்பூச்சு முழுதாகக் காய்ந்தபின் மேல்பூச்சைப் போட்டால் பிடிக்காது. ஈரம் மிச்சம் இருக்கும்போதே போட்டு, அன்றே தேய்க்கத் தொடங்க வேண்டும். சிமெண்ட் சுவர்மேல் இதைப் பூசச் சொல்லி யாராவது சொன்னால் கேட்காதீர்கள்.

ஆனால் செட்டிநாட்டுப் பூச்சைக் கைதிகள்தான் அங்கே கொண்டுபோனார்கள் என்று நூல் பிடித்துவிட வேண்டாம். இது சோழமண்டலக் கரை முழுவதற்கும் சொந்தமான வேலை. கைதிகளில் பலர் கொத்து வேலையைச் சிறையிலேயே கற்றவர்கள். உங்கள் பக்கத்து நகரத்தார் சிங்கப்பூரில் தெண்டாயுதபாணி கோயிலைக் கட்டி முடித்தது 1859. அதே சமயம் தேவாலயச் சுவரும் எழும்பிக்கொண்டிருந்தது என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

பெயர் தேடுவது. அந்த 73 பேரும் கோர்ட்டில் தண்டனை பெற்ற கைதிகள் அல்ல, அரசு உத்தரவில் அனுப்பப்பட்டவர்கள். எனவே எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் நீதித்துறைக் கோப்புகளோடு மல்லுக்கட்டாமல் 1801, 1802க்கான ராணுவ, அரசியல் கோப்புகளை முதலில் கேளுங்கள். லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தில் இந்தியா ஆபீஸ் பதிவுகளில் ஜி-34 வரிசை பினாங்குக்கானது, ஜி-35 சுமத்ராவுக்கானது. உடையத் தேவரோடு பென்கூலன் போனவர்கள் இருந்தால் இரண்டாவதையும் பார்க்க வேண்டும். பெயரை எழுதியவர் காதில் விழுந்தபடி எழுதியிருப்பார், ‘வேங்கன்’ அங்கே ‘வெங்கம்’, ‘உடைய’ அங்கே ‘வோடய’. எனவே முழுப்பெயரைத் தேடாதீர்கள். ஊர்ப்பெயர், பட்டப்பெயர், தகப்பனார் பெயர் மூன்றையும் தனித்தனித் தாளில், ஆங்கில எழுத்தில் எத்தனை விதமாகச் சிதைக்க முடியுமோ அத்தனை விதமாக எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.