நலம் என்ற ஒரு சொல்: அறமும் அழகும் பற்றிய கேள்வி பதில்

தத்துவத்தைப் பல ஆண்டுகள் படித்தும் கற்பித்தும் வந்தவன் நான். அறத்துக்கும் அழகுக்கும் என்ன உறவு என்று நண்பர்கள் கேட்டவற்றுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். கேட்டவர்கள் எல்லாரும் நெல்லைச் சீமைக்காரர்கள் என்பதால் எடுத்துக்காட்டுகளையும் பக்கத்திலேயே தேடிக்கொண்டேன்.

பாளையங்கோட்டை, கல்லூரி மாணவர்: அண்ணாச்சி, எது நல்லது என்பது ஒரு கேள்வி. எது அழகு என்பது வேறு கேள்வி. இரண்டையும் ஏன் சேர்த்துப் பேசுகிறார்கள்?

தம்பி, நம் மொழியே சேர்த்துத்தான் வைத்திருக்கிறது. கடிதத்தில் 'நலம், நலமறிய ஆவல்' என்று எழுதுகிறோம். திருக்குறளில் காதலியின் அழகைப் பாடும் அதிகாரத்துக்கு 'நலம் புனைந்துரைத்தல்' என்று பெயர். நன்மையும் அழகும் ஒரே சொல்லுக்குள் குடியிருக்கின்றன. கல்லாமை அதிகாரத்தில் வள்ளுவர் இன்னும் நெருங்கி வருகிறார்: 'நுண்மாண் நுழைபுலம் இல்லான் எழில்நலம் மண்மாண் புனைபாவை யற்று.' பாவை அழகில்லை என்று அவர் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். அழகு இருக்கிறது, உள்ளே ஆள் இல்லை. கிரேக்கர்களிடமும் 'கலோன்' என்ற சொல் அழகிய உடலுக்கும் உயர்ந்த செயலுக்கும் பொதுவாக வழங்கியது. பிளேட்டோ தம் இலட்சிய நகரத்தில் கவிஞர்களுக்கு இடமில்லை என்றதும் கவிதையை அற்பமாக நினைத்ததால் அல்ல. அது மனத்தை எவ்வளவு ஆழமாகப் பிடிக்கும் என்று அறிந்து அஞ்சியதால்தான்.

தென்காசி, வங்கி ஊழியர்: ஜெர்மன் தத்துவ அறிஞர் காண்ட் அறத்தையும் அழகையும் பிரித்துவிட்டார் என்று படித்தேன். உண்மையா?

பிரித்தார், பிறகு பாலமும் போட்டார். 1790இல் வெளியான நூலில் ஓர் அரண்மனையை எடுத்துக்காட்டாகச் சொல்கிறார். 'இது அழகாக இருக்கிறதா?' என்று ஒருவர் கேட்கிறார். மக்களின் வியர்வையைத் தேவையற்றவற்றில் கொட்டும் பெரிய மனிதர்களின் வீண்பெருமை இது என்று நான் ஏசலாம். அத்தனையும் சரியாகவே இருக்கலாம், ஆனால் கேட்ட கேள்வி அதுவல்ல என்கிறார். அழகை ரசிப்பது என்றால் அந்தப் பொருள் எனக்கு வேண்டும், பயன்படும் என்ற ஆசை கலக்காமல் ரசிப்பது. அதே நூலில் பின்னால், அழகு அறநன்மையின் குறியீடு என்றும் எழுதுகிறார். சொந்த ஆதாயத்தை மறந்து ஒன்றின் முன் நிற்கப் பழகியவனுக்கு அறம் அவ்வளவு அந்நியமாக இருக்காது. காண்ட்டிடம் நான் எடுத்துக்கொண்டது இதுதான்.

வீரவநல்லூர், இல்லத்தரசி: மகள் கல்யாணத்துக்கு மணமக்கள் பெயர் நெய்த பத்தமடைப் பாய் வாங்கினோம். பட்டுப்போல் மடிகிறது. நெய்த அம்மாவுக்குக் கிடைத்த கூலி எவ்வளவு குறைவு என்று பிறகுதான் தெரிந்தது. அதிலிருந்து பாயைப் பார்த்தாலே மனம் சுருங்குகிறது. அதன் அழகு குறைந்துவிட்டதா?

அம்மா, இந்தக் கேள்விக்காகவே இதை எழுத உட்கார்ந்தேன் என்று சொல்லலாம். காண்ட் உங்களிடம், கூலி வேறு விஷயம், பாயை மட்டும் பாருங்கள் என்பார். என்னால் அப்படிச் சொல்ல முடியவில்லை. பாய் மலைபோல் தானாக வந்ததல்ல. ஒருவர் கையால் செய்தது.

பத்தமடையில் ஒரு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஒரு மாலை முழுவதும் பார்த்திருக்கிறேன். ஆற்றுநீரில் ஊறிய கோரையை நூல்போல் மெல்லியதாகக் கீறி வைத்திருந்தார்கள். நெய்துகொண்டிருந்த அம்மா ஓர் இழையைப் பாவுக்குள் செலுத்தி அழுத்தினார். பிறகு விரலால் தடவிப் பார்த்தார். என் கண்ணுக்கு எல்லாம் சரியாகவே இருந்தது. அவர் அந்த இழையை உருவி எடுத்துவிட்டு வேறொன்றை வைத்தார். 'அதில் என்ன குறை?' என்று கேட்டேன். 'ஒரு பக்கம் தடிப்பு' என்றார். வாங்குகிறவர் அதைக் கண்டுபிடிக்கப் போவதில்லை; அந்த இழைக்குக் கூடுதல் கூலியும் இல்லை. ஆனாலும் மாற்றினார்.

நீங்கள் தொட்டு மகிழ்ந்த அந்த மென்மை இப்படி மாற்றப்பட்ட இழைகளின் மென்மை. ஆகவே குறை பாயில் இல்லை, விற்பனையில் இருக்கிறது. பாயைச் சுருட்டிப் பரணில் போட்டுவிட்டால் அவருக்குக் கூலியும் இல்லை, ரசிக்க ஆளும் இல்லை என்று ஆகிவிடும். விரித்து நன்றாகப் பாருங்கள். அடுத்த முறை நெய்கிறவரிடமே நேரில் வாங்குங்கள், பேரம் பேசாதீர்கள். உங்கள் மனம் சுருங்கியதை நான் பிழையாக நினைக்கவில்லை. பாயை முழுதாகப் பார்க்கத் தொடங்கியிருக்கிறீர்கள்.

கிருஷ்ணாபுரம் பக்கம், ஆசிரியை: எங்கள் ஊர் வெங்கடாசலபதி கோயிலில் இளவரசியைத் தூக்கிச் செல்லும் குறவன் சிற்பம் இருக்கிறது. கடத்தலைக் கல்லில் வடித்ததை மாணவிகளுக்குக் காட்டி ரசிக்கச் சொல்லலாமா?

தாராளமாகக் காட்டுங்கள். ஒரு படைப்பு எதைக் காட்டுகிறது என்பதும், அதை எப்படிப் பார்க்கச் சொல்கிறது என்பதும் வேறு வேறு. தீமையைக் காட்டுவதாலேயே கலை கெட்டுப்போகும் என்றால் பாஞ்சாலி சபதத்தைத் தூக்கி எறிய வேண்டும். ஸ்காட்லாந்துத் தத்துவ அறிஞர் ஹியூம் 1757இல் வெளியான கட்டுரை ஒன்றில் எல்லைக்கோட்டைச் சரியாகப் போட்டார்: தீய நடத்தையை உரிய கண்டனமின்றி ஒரு கவிதை விவரித்தால் அது அந்தக் கவிதைக்கே ஊனம். 1935இல் வெளியான, ஹிட்லரின் கட்சி மாநாட்டைப் பற்றிய ஜெர்மன் இயக்குநர் லெனி ரீஃபென்ஸ்டாலின் படத்தில் அந்த ஊனத்தைப் பார்க்கலாம். அதன் ஒளியும் அணிவகுப்பும் பிரமிக்க வைப்பவை. ஆனால் அந்தப் பிரமிப்பே அந்த மனிதனை வணங்கச் சொல்கிறது. அழகு ஒரு பக்கம், தீமை ஒரு பக்கம் என்று அங்கே பிரித்து எடுக்க முடியாது.

அந்தத் தூணின் முன்னால் மாணவிகளிடம் ஒன்றே ஒன்று கேளுங்கள்: சிற்பி யாருடைய பக்கம் நிற்கிறார்? முகங்களைப் பார்த்து அவர்களே விவாதிக்கட்டும். குறத்தி ஒருத்தி இளவரசனைத் தூக்கிச் செல்லும் சிற்பமும் அங்கேயே இருக்கிறதே, அதையும் சேர்த்துக் காட்டுங்கள்.

சங்கரன்கோவில், கடைக்காரர்: கலைஞன் கெட்டவனாக இருந்தால் அவன் பாட்டைக் கேட்கலாமா?

கேட்கலாம். அவனுக்கு மாலை போடுவதுதான் வேறு விஷயம்.

வண்ணார்பேட்டை, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்: எங்கள் பகுதியில் வட்டத்தொட்டி என்ற இலக்கிய நண்பர் கூட்டத்தை நடத்திய ரசிகமணி டி.கே.சி., கம்பன் பாடல்களில் பலவற்றை இடைச்செருகல் என்று ஒதுக்கினார், சில வரிகளைத் திருத்தவும் செய்தார். ரசனைக்கு அந்த உரிமை உண்டா?

ஐயா, டி.கே.சி.யின் (1882–1954) பெயரைக் கேட்டாலே கைகூப்புகிறவன் நான். கவிதையை உரையாசிரியர்களின் பிடியிலிருந்து மீட்டு வாய்விட்டுப் பாடி அனுபவிக்கக் கற்றுத்தந்தவர் அவர். ஆனாலும் இந்த இடத்தில் அவர் எல்லை தாண்டினார் என்றுதான் நினைக்கிறேன். 'இந்தப் பாட்டு தரத்தில் குறைந்தது' என்று ரசனை சொல்லலாம். 'ஆகவே இது கம்பன் எழுதியதல்ல' என்று சொல்ல ஏட்டுச் சான்று வேண்டும். பெருங்கவிஞனும் சில நாள் சுமாராக எழுதியிருப்பான். அழகின் மீதுள்ள காதல் உண்மையை ஓரங்கட்டும் இடம் இது. நல்லவர்களும் ரசிகர்களும்தான் இங்கே அதிகம் இடறுகிறார்கள், வேறு யாருக்கும் இவ்வளவு காதல் இருப்பதில்லை.

நாங்குநேரி, முதுகலை மாணவி: 'அறவியலும் அழகியலும் ஒன்றே' என்று தத்துவ அறிஞர் விட்கென்ஸ்டைன் சொன்னதன் பொருள் என்ன?

1921இல் வெளியான நூலில் அடைப்புக்குறிக்குள் வரும் ஒரே வரி அது. நல்ல செயலெல்லாம் அழகு என்பதல்ல பொருள். இரண்டும் உலகிலுள்ள தகவல்களோடு சேர்ந்த இன்னொரு தகவல் அல்ல, சொற்களால் கூறிவிட முடியாதவை என்கிறார். தேர்வுக்கு இது போதும், மகளே. வாழ்க்கைக்குத் தத்துவ அறிஞரும் நாவலாசிரியருமான ஐரிஸ் மர்டாக்கைப் படியுங்கள். அடுத்த கேள்விக்கும் அவர்தான் பதில்.

அம்பாசமுத்திரம், செவிலியர்: இரவுப் பணி முடிந்து பஸ்ஸில் வரும்போது ஆற்றுப்பாலத்தில் தாமிரபரணியைப் பார்ப்பேன். அந்த ஒரு நிமிடம் வார்டு மறந்துபோகிறது. நோயாளிகள் அங்கே வேதனைப்படும்போது நான் அழகை ரசிப்பது சுயநலமா?

இல்லை, சகோதரி. மர்டாக் 1970இல் வந்த நூலில் தம் அனுபவம் போல ஒன்றைச் சொல்கிறார். மனக்குறையோடு ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருக்கிறார், வானில் ஒரு சிறு பருந்து அசையாமல் மிதக்கிறது. சட்டென்று 'நான்' என்ற புண்பட்ட பொருள் காணாமல் போய், பருந்து மட்டும் இருக்கிறது. திரும்பி வரும்போது கவலை சிறுத்துப்போயிருக்கிறது. பிறரை அவர்களாகவே பார்ப்பதுதான் அறத்தின் வேலை, இந்தப் பார்வை அதற்கான பயிற்சி என்பது அவர் வாதம்.

ஆறு உங்களை நல்லவராக்கிவிடும் என்று நான் உறுதி தரமாட்டேன். கலை ரசனையில் தேர்ந்தவர்களில் வீண்பெருமைக்காரர்கள் ஏராளம் என்று காண்ட்டே எழுதியிருக்கிறார். ஆனால் நோயாளி வாய்திறக்கும் முன்பே அவர் முகம் மாறுவதைக் கண்டுகொள்கிறீர்கள் அல்லவா? ஆற்றைப் பார்ப்பதும் அந்தக் கண்தான். ஜன்னலோர இருக்கையாகப் பார்த்து உட்காருங்கள்.