முதல் தகவல் அறிக்கையை உயர் நீதிமன்றம் எப்போது ரத்து செய்யும்?

காவல்துறை வழக்குப் பதிந்தவுடனேயே விசாரணையை நீதிமன்றம் நிறுத்த முடியுமா என்றால், முடியும். ஆனால் அது அரிது. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆவது பிரிவு (பழைய சட்டத்தில் 482) உறுதிசெய்யும் இந்த அதிகாரத்தின் எல்லையை உச்ச நீதிமன்றம் பஜன்லால் வழக்கில் விளக்கியது: புகாரில் உள்ளதை அப்படியே உண்மையென்று வைத்துக்கொண்டாலும் குற்றம் எதுவும் தென்படாதபோதும், பழிவாங்கும் நோக்கம் வெளிப்படையாகத் தெரியும்போதும் உயர் நீதிமன்றம் தலையிடலாம். கைமாற்றாக வாங்கிய பணத்தைத் திருப்பித் தரவில்லை என்பது மட்டுமே புகாரென்றால், அது உரிமையியல் தகராறு. வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடி. முகவரியில்லாத கடிதத்தைத் திருப்பும் தபால்காரர், உள்ளே எழுதியிருப்பது மெய்யா பொய்யா என்று ஆராய்வதில்லை அல்லவா, புகார் மெய்யா என்று ஆராயாமல், அதில் குற்றம் தென்படுகிறதா என்று மட்டும் உயர் நீதிமன்றம் பார்ப்பதும் ஏறக்குறைய அப்படித்தான்.

தம்மிடமுள்ள ஆதாரத்தைக் காட்டினாலே வழக்கு ரத்தாகிவிடும் என்று பலர் நம்புகிறார்கள். ஆனால் சாட்சியங்களை எடைபோடுவது பொதுவாக விசாரணை நீதிமன்றத்தின் வேலை.