கலாத்தீயிட், கலாத்தியாய்ட்: ஸ்குவாட் லாப்ஸ்டர் பெயர்கள் பற்றிய கேள்வி-பதில்

ஸ்குவாட் லாப்ஸ்டர் எனப்படும், வயிற்றை உள்ளே மடித்து வைத்திருக்கும் ஓட்டுடலிக் கடல் உயிரிகளின் அறிவியல் பெயர்கள் பற்றி மொழிபெயர்ப்பாளர்கள், கடல் உயிரியல் மாணவர்கள், மீன் வணிகத்தில் இருப்பவர்கள் கேட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறோம். குழப்பங்களில் பாதிக்கு மேல் பெயரின் விகுதியைக் கவனிக்காமல் விடுவதால் வருபவை. அதனால் முதல் பதில் சற்று நீளமாக இருக்கும்.

ஓர் ஆய்வறிக்கையைத் தமிழாக்கம் செய்கிறேன். ஓரிடத்தில் "கலாத்தீயிட்" என்றும், இன்னோர் இடத்தில் "கலாத்தியாய்ட்" என்றும் வருகிறது. அச்சுப்பிழையா? இரண்டுக்கும் ஒரே சொல் போடலாமா?

பெரும்பாலும் அச்சுப்பிழையாக இருக்காது. ஒரே சொல் போட்டால் பொருளே மாறிவிடும்.

இரண்டுக்கும் வேர் ஒன்றுதான்: ஃபேப்ரிசியஸ் 1793இல் அமைத்த கலாத்தியா என்ற பேரினம். கிரேக்கப் புராணத்தில் வரும் ஒரு கடல் தேவதையின் பெயர் அது. அந்தப் பேரினத்தை வைத்து அமைந்த குடும்பம் கலாத்தீயிடே. அதற்கு மேலுள்ள பெருங்குடும்பம் கலாத்தியாய்டியா. விலங்குகளுக்குப் பெயரிடும் சர்வதேச விதிப்படி "இடே" என்று முடிந்தால் குடும்பம், "இனே" என்று முடிந்தால் துணைக்குடும்பம், "ஆய்டியா" என்று முடிந்தால் பெருங்குடும்பம். ஆய்வாளர்கள் பேச்சுவழக்கில் சுருக்கும்போது முன்னது "கலாத்தீயிட்" ஆகும், பின்னது "கலாத்தியாய்ட்" ஆகும்.

இப்போதைய வகைப்பாட்டில் கலாத்தியாய்டியாவில் உயிர்வாழும் குடும்பங்கள் நான்கு: கலாத்தீயிடே, முனிடிடே, முனிடாப்சிடே, பார்சிலேனிடே. கடைசியில் உள்ள பார்சிலேனிடே ஸ்குவாட் லாப்ஸ்டரே அல்ல. கல்லிடுக்குகளில் ஒட்டிக்கொண்டிருக்கும் பீங்கான் நண்டுகள் அவை. ஆகவே "கலாத்தியாய்ட்" என்று எழுதினால் பீங்கான் நண்டும் உள்ளே வந்துவிடும். "கலாத்தீயிட்" என்று எழுதினால் முனிடா, முனிடாப்சிஸ் போன்ற பேரினங்களின் பெரிய கூட்டமே வெளியே போய்விடும். இன்னொரு பக்கம், ஸ்குவாட் லாப்ஸ்டர் என்று அழைக்கப்படுபவற்றில் ஒரு பகுதி கைரோஸ்டைலாய்டியா என்ற வேறொரு பெருங்குடும்பத்தைச் சேர்ந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட இனங்களைக் கொண்ட இந்தக் கூட்டம் முழுவதையும் சரியாக அடக்கும் ஒற்றை வகைப்பாட்டுப் பெயர் கிடையாது. "கலாத்தியாய்டியாவில் பீங்கான் நண்டுகள் நீங்கலாக, கைரோஸ்டைலாய்டியாவையும் சேர்த்து" என்றுதான் சொல்ல வேண்டியிருக்கிறது.

மொழிபெயர்ப்பில் "கலாத்தீயிடே குடும்பத்தவை", "கலாத்தியாய்டியா பெருங்குடும்பத்தவை" என்று படிநிலையையும் சேர்த்தே எழுதுங்கள். அறிக்கை வெளிவந்த ஆண்டையும் பாருங்கள். 2010க்கு முந்தைய கட்டுரை என்றால் முனிடாவும் முனிடாப்சிஸும் கலாத்தீயிடே குடும்பத்துக்குள்தான் இருந்தன. அந்தக் கட்டுரையில் "கலாத்தீயிட்" என்பது இன்றைய பொருளைவிட விரிந்தது. மூலத்தைத் திருத்த வேண்டாம். அடிக்குறிப்பு ஒன்று போதும்.

"ஆய்டியா" என்றாலே பெருங்குடும்பம் என்று மாணவர்களுக்குச் சொல்லித் தரலாமா?

அப்படியே சொல்லித் தராதீர்கள். நட்சத்திர மீன்களின் அஸ்டராய்டியா, கடல் அட்டைகளின் ஹோலோதுராய்டியா இரண்டும் வகுப்புகள். குடும்பம், அதற்கு ஒட்டிய மேல், கீழ் நிலைகள் இவற்றுக்கு மட்டும்தான் விதி விகுதியைக் கட்டாயப்படுத்துகிறது. வகுப்பு, வரிசை போன்ற உயர்நிலைகளுக்கு அப்படி விகுதி விதி இல்லை. எனவே, பெயர் ஒரு பேரினத்திலிருந்து பிறந்ததா, கீழே அதே வேரில் "இடே" குடும்பம் இருக்கிறதா என்று முதலில் பார்க்கச் சொல்லுங்கள். கலாத்தியா, கலாத்தீயிடே, கலாத்தியாய்டியா என்று சங்கிலி வந்தால் பெருங்குடும்பம்தான்.

உறையவைத்த "லாங்கோஸ்டினோ" வால் இறைச்சியை ஒரு வெளிநாட்டு நிறுவனம் விலை சொல்லி அனுப்பியிருக்கிறது. இது நம் சிங்கி இறால் வகைதானா? பட்டியலில் அறிவியல் பெயரும் இரண்டு விதமாக இருக்கிறது.

சிங்கி இறால் அல்ல. இந்த இடத்தில் ஒலியால் நெருங்கிய மூன்று பெயர்கள் பணத்தைக் கரைக்கக் கூடியவை. பிரெஞ்சில் "லாங்கூஸ்ட்" என்றால் நம் சிங்கி இறால் வகை, அதாவது பேனுலிரஸும் அதன் உறவுகளும். "லாங்கூஸ்டீன்" என்றால் ஐரோப்பியக் கடலின் நெஃப்ரோப்ஸ் நார்வெஜிகஸ். கொடுக்குள்ள உண்மையான லாப்ஸ்டர் குடும்பம். "லாங்கோஸ்டினோ" என்பது ஸ்பானியச் சொல், நாட்டுக்கு நாடு மாறும். ஸ்பெயினிலும் அர்ஜென்டினாவிலும் அது இறால். அர்ஜென்டினாவின் ஏற்றுமதிச் சரக்கு பெரும்பாலும் ப்ளியோட்டிகஸ் முல்லெரி என்ற சிவப்பு இறால். சிலியில் அதே சொல் ஸ்குவாட் லாப்ஸ்டரைக் குறிக்கும். அமெரிக்கச் சந்தையிலும் அப்படியே. ஆகவே சரக்கு எந்த நாட்டுத் துறைமுகத்திலிருந்து வருகிறது என்பதை முதலில் கேளுங்கள்.

சிலியில் பிடிபடுபவை முக்கியமாக இரண்டு இனங்கள்: சிவப்பு லாங்கோஸ்டினோ, மஞ்சள் லாங்கோஸ்டினோ. நீண்ட காலம் இவற்றின் அறிவியல் பெயர்கள் ப்ளூரான்கோடிஸ் மோனோடான், செர்விமுனிடா ஜானி. முனிடிடே குடும்பத்தை 2022இல் மறுசீராய்வு செய்தபோது இரண்டும் கிரிமோத்தியா என்ற பேரினத்துக்குள் வந்தன. இப்போது அவை கிரிமோத்தியா மோனோடான், கிரிமோத்தியா ஜானி. உங்கள் பட்டியலில் உள்ள இரண்டு பெயர்களும் பழையதும் புதியதுமாக இருந்தால் சரக்கு ஒன்றே. அந்தப் பேரினப் பெயர் புதிதாகச் சூட்டியதும் அல்ல. லீச் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் 1820இல் வைத்தது, வெகுகாலம் ஒதுங்கிக் கிடந்தது. ப்ளூரான்கோடிஸ் 1860ஐச் சேர்ந்தது. செர்விமுனிடா அதற்கும் பிந்தையது. கூட்டங்களை இணைத்தவுடன் முந்திய பெயருக்கே உரிமை என்ற விதிப்படி கிரிமோத்தியா மேலே வந்துவிட்டது.

ஆவணத்தில் மூன்றைச் சரிபாருங்கள். முதலாவது, பேரினமும் இனமும் சேர்ந்த முழுப்பெயர். "மோனோடான்" என்பதை மட்டும் பார்த்து முடிவு செய்யாதீர்கள். கருவரி இறாலும் பீனியஸ் மோனோடான்தான். ஒற்றைப் பல் என்று பொருள்படும் அந்தச் சொல்லை யார் எந்த உயிரிக்கும் வைக்கலாம். இரண்டாவது, பிடிபட்ட கடல் பகுதி. மூன்றாவது, ஒவ்வாமைக் குறிப்பு. பெயர் எதுவானாலும் இறால், நண்டு ஒவ்வாமை உள்ளவர்களுக்கான எச்சரிக்கை உறையில் இருந்தாக வேண்டும்.

விலையிலும் ஒரு சொல். இவற்றின் வால் சிறியது, ஓட்டை நீக்கினால் நடுத்தர இறால் அளவுதான் இறைச்சி கிடைக்கும். "லாப்ஸ்டர்" என்ற சொல்லைக் கண்டு சிங்கி இறால் விலையை மனத்தில் வைத்துப் பேரம் பேசக் கூடாது.

கலாத்தியா ஸ்ட்ரைகோசா (லின்னேயஸ், 1761) என்று அடைப்புக்குறிக்குள் போடுகிறார்கள். கலாத்தியா ஸ்குவாமிஃபெரா லீச், 1814 என்பதற்கு அடைப்புக்குறி இல்லை. ஏன்?

அடைப்புக்குறி இருந்தால், அந்த ஆசிரியர் முதலில் வேறு பேரினத்தில் வைத்து விவரித்தார் என்று பொருள். லின்னேயஸ் வைத்த பெயர் கான்சர் ஸ்ட்ரைகோசஸ். கான்சர் ஆண்பால், கலாத்தியா பெண்பால். அதனால் இனப்பெயரின் முடிவும் மாறி ஸ்ட்ரைகோசா ஆனது. லீச் தொடக்கத்திலேயே கலாத்தியாவில் வைத்ததால் அடைப்புக்குறி தேவையில்லை. அலங்காரமாக நினைத்து எல்லாவற்றுக்கும் அடைப்புக்குறி போடுவதும், எல்லாவற்றிலும் நீக்குவதும் மாணவர் ஆய்வேடுகளில் அடிக்கடி நிகழ்கிறது.

இன்னொன்று: கலாத்தீயிடே குடும்பத்துக்கும் கலாத்தியாய்டியா பெருங்குடும்பத்துக்கும் "சாமுவெல், 1819" என்றே எழுதுவார்கள். குடும்ப நிலைகளில் ஒன்றுக்குப் பெயர் வைத்தவரே அதன் மற்ற நிலைகளுக்கும் ஆசிரியராகக் கருதப்படுவார் என்பது விதி.

சுருக்கி எழுதும்போதும் கவனம் தேவை. கலாத்தியா, கிரிமோத்தியா இரண்டின் முதலெழுத்தும் ரோமன் எழுத்தில் ஒன்றே. இரண்டையும் பேசும் கட்டுரையில் பேரினத்தைச் சுருக்காமல் முழுதாகவே எழுதுங்கள்.

பழைய நூல்களில் "அனோமலா", "அனோமுரா" என்று இரண்டும் இருக்கின்றன. ஏக்லா என்ற நன்னீர் உயிரியையும் கலாத்தியாய்டியாவில் சேர்த்திருக்கிறார்கள். எதைப் பின்பற்றுவது?

இன்றைய நிலையில் அனோமுரா. ஸ்குவாட் லாப்ஸ்டர், பீங்கான் நண்டு போன்றவை அடங்கும் பெரும்பிரிவு அது. ஒழுங்கற்ற வால் என்று பொருள். கல்கத்தா இந்திய அருங்காட்சியகத்தின் ஆழ்கடல் தொகுப்பைப் பற்றி ஆல்காக் 1901இல் வெளியிட்ட பட்டியல் "அனோமலா" என்று சொல்லும். பிரிட்டிஷ் கடல் ஆய்வுக் கப்பலான சேலஞ்சர் சேகரித்தவற்றை விவரித்த ஹெண்டர்சனின் 1888 அறிக்கை "அனோமுரா" என்று சொல்லும். ஹெண்டர்சன் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் பேராசிரியராக இருந்தவர், பிறகு சென்னை அரசு அருங்காட்சியகத்தின் பொறுப்பையும் வகித்தவர். நம் கடலோர ஓட்டுடலிகளைப் படிப்பவர்கள் அவருடைய 1893 கட்டுரையையும் தேடிப் படிக்க வேண்டும்.

தென் அமெரிக்க ஆறுகளில் வாழும் ஏக்லா இப்போது ஏக்லாய்டியா என்ற தனிப் பெருங்குடும்பம். ஆய்வேட்டில், முனிடிடேயையும் முனிடாப்சிடேயையும் தனிக் குடும்பங்களாகப் பிரித்த 2010ஆம் ஆண்டின் வகைப்பாட்டைப் பின்பற்றி, முனிடிடேயின் பேரினங்களுக்கு மட்டும் 2022 திருத்தத்தைச் சேர்த்துக்கொள்ளுங்கள். எதைப் பின்பற்றினீர்கள் என்பதை முறையியல் பகுதியில் ஒரு வரியில் எழுதிவிடுங்கள்.

இழுவலையில் சிக்கிய மாதிரி கையில் இருக்கிறது. எந்தக் குடும்பம் என்று எப்படி முடிவு செய்வது?

முதலில் கால்களை எண்ணுங்கள். கொடுக்குக் கால் ஒரு ஜோடி, நடக்கும் கால் மூன்று ஜோடி மட்டுமே வெளியே தெரிந்தால் அனோமுராவாக இருக்கலாம். ஐந்தாவது ஜோடி இல்லாமல் போகவில்லை. தலை ஓட்டின் பின்பக்க ஓரத்தை ஊசியால் மெல்லத் தூக்கினால், செவுள்களைத் துடைக்கும் மெல்லிய தூரிகைக் கால்களாக அது மடங்கிக் கிடப்பது தெரியும்.

அடுத்து வயிறு. நண்டைப் போல மார்போடு தட்டையாக ஒட்டிக்கொண்டு, உணர்கொம்பு நீளமாக இருந்தால் பீங்கான் நண்டு. வயிறு பருத்து, வளைந்து உள்ளே மடங்கி, விசிறி வால் நன்றாக இருந்தால் ஸ்குவாட் லாப்ஸ்டர். அதன் வால் நுனித் தகடு முந்தைய வயிற்று வளையத்தின் அடியில் மடிந்து ஒளிந்திருந்தால் கைரோஸ்டைலாய்டியா பக்கம் போங்கள்.

இல்லையென்றால் முன்நெற்றி முள்ளைப் பாருங்கள். தட்டையான முக்கோணமாக, ஓரங்களில் பல் வரிசையோடு இருந்தால் கலாத்தியா. நடுவில் ஊசி போல ஒரு முள்ளும், கண்களுக்கு மேலே இருபுறமும் ஒவ்வொரு முள்ளுமாகத் திரிசூலம் போலத் தெரிந்தால் முனிடிடே. கண்ணில் கருமையே இல்லாமல் வெளிறி, ஆழ்கடலிலிருந்து வந்ததாக இருந்தால் முனிடாப்சிடேயைச் சந்தேகியுங்கள்.

அடையாளம் தப்புவது பெரும்பாலும் பாதுகாப்பில் நேரும் பிழையால்தான். கொடுக்கைப் பிடித்துத் தூக்கினால் அது கழன்று வந்துவிடும், உடலைப் பிடியுங்கள். ஒரு குப்பியில் பல மாதிரிகளைப் போட்டால் கழன்ற கால் எதனுடையது என்றே தெரியாது. நிறம் சாராயத்தில் வெளுத்துவிடும், அதனால் ஈரமாக இருக்கும்போதே மேல், கீழ், பக்கம் என்று அளவுகோலோடு படம் எடுங்கள். மரபணு ஆய்வு நோக்கம் என்றால் 95 சதவீத எத்தனால். ஃபார்மலின் மரபணுவைக் கெடுக்கும், நாளாக நாளாக அமிலமாகி ஓட்டின் சுண்ணாம்பையும் முள் நுனிகளையும் அரிக்கும். அடையாளச் சீட்டைப் பென்சிலால் எழுதிக் குப்பிக்குள்ளேயே போடுங்கள். பேனா மை கரைந்துவிடும்.

"யெட்டி நண்டு" கலாத்தீயிடா?

இல்லை. ரோமம் அடர்ந்திருப்பதால் அப்படி அழைக்கப்படும் கிவா ஹிர்சுட்டா 2005இல், பசிபிக்-அண்டார்டிக் முகட்டின் வெந்நீர் ஊற்றுகளில், சுமார் 2,200 மீட்டர் ஆழத்தில் கண்டெடுக்கப்பட்டது. அதற்கென்றே கிவாயிடே என்ற குடும்பம் அமைத்தார்கள். அது கைரோஸ்டைலாய்டியாவில் இருக்கிறது. ரோமத்தைப் பார்த்து உறவைத் தீர்மானிக்காதீர்கள். ஒகினாவா பகுதி ஊற்றுகளில் வாழும் ஷின்காயா க்ரோஸ்னியெரியும் உடலின் அடிப்பக்க ரோமத்தில் பாக்டீரியாவை வளர்க்கிறது, ஆனால் அது முனிடாப்சிடே. பெரிய கடற்பஞ்சுகளின் மேல் காணப்படும் இளஞ்சிவப்பு லாரியா சியாகியானியும் ரோமம் நிறைந்தது, அதுதான் கலாத்தீயிடே.

பெரிய நிக்கோபாரின் கலாத்தியா விரிகுடா இந்த உயிரியின் பெயரில் அமைந்ததா?

இல்லை. 1845 முதல் 1847 வரை உலகைச் சுற்றிய டென்மார்க்கின் கலாத்தியா என்ற கப்பலின் பெயர் அது. தரங்கம்பாடியை டேனியர்கள் பிரிட்டிஷாருக்கு விற்ற அதே 1845இல்தான் அந்தக் கப்பல் கிளம்பியது. கப்பலுக்கும் பேரினத்துக்கும் பொதுவானது கடல் தேவதையின் பெயர் மட்டுமே. 1950 முதல் 1952 வரை ஆழ்கடலை ஆராய்ந்த இரண்டாவது கலாத்தியா பயண அறிக்கைகளைத் தேடும்போது, தலைப்பில் இந்தச் சொல்லைப் பார்த்தவுடன் ஸ்குவாட் லாப்ஸ்டர் என்று எண்ணிவிடாதீர்கள்.

தரவுத்தளத்தில் கலாத்தியா என்று தேடினால் ஆப்பிரிக்க ஆற்றுச் சிப்பி வருகிறதே?

ரோமன் எழுத்தில் "எச்" விட்டுப்போயிருக்கும். "எச்" இல்லாத கலாட்டியா, மேற்கு ஆப்பிரிக்க ஆறுகளின் இருவோட்டுச் சிப்பிப் பேரினம். ஓரெழுத்து வேறுபட்டாலே இரண்டு பேரினப் பெயர்களும் செல்லும் என்பது விதி, அதனால் இரண்டும் முறையான பெயர்களே. தேடும்போது "டீ"க்குப் பிறகு "எச்" சேர்த்து, கூடவே பத்துக்கால் ஓட்டுடலிகளின் டெகாபோடா என்ற வரிசைப் பெயரையும் வடிகட்டியில் கொடுங்கள்.