தொட்டுப் பார்த்தால்தான் தெரியும்: முழங்கால் பரிசோதனை பற்றிய கேள்வி பதில்

பினாங்கில் இயன்முறை சிகிச்சை செய்பவன் என்ற முறையில், முழங்கால் பற்றிய கேள்விகளை அனுப்பச் சொல்லியிருந்தேன். வந்தவற்றில் பெரும்பாலானவை எம்ஆர்ஐ எடுக்கலாமா, எங்கே எடுக்கலாம் என்றுதான் தொடங்குகின்றன. காலை யாராவது தொட்டுப் பார்த்தார்களா, நடக்கவிட்டுப் பார்த்தார்களா என்ற விவரம் மிகச் சிலவற்றில்தான் இருக்கிறது. எனக்கு முதலில் தெரிய வேண்டியது அதுதான். நேரில் பார்க்காமல் எழுதும் பதில்கள் இவை. உங்கள் மருத்துவரிடம் என்ன கேட்பது என்பதற்கு உதவும், அவருக்கு மாற்றாகாது.

கேள்வி: எனக்கு 58 வயது. வலது முழங்காலில் சில மாதங்களாக வலி. கிளினிக்கில் மருத்துவர் காலை மடக்கி நீட்டிப் பார்த்துவிட்டு, "மூட்டுத் தேய்மானம், இப்போதைக்கு எம்ஆர்ஐ வேண்டாம்" என்றார். ஸ்கேன் இல்லாமல் கையால் பார்த்தே சொல்லிவிட முடியுமா? (ஜெலுத்தோங்)

முடியும் அம்மா. வயது 45க்கு மேல். நடந்தால், ஏறினால் வலி. காலையில் எழுந்ததும் மூட்டில் விறைப்பு இல்லை, அல்லது இருந்தாலும் அரை மணி நேரத்துக்குள் விட்டுவிடுகிறது. இவ்வளவு பொருந்தினால் படம் எடுக்காமலேயே மூட்டுத் தேய்மானம் என்று முடிவு செய்யலாம் என்பது பிரிட்டனின் நைஸ் அமைப்பு தரும் வழிகாட்டல். உங்கள் மருத்துவர் காசை மிச்சப்படுத்திக் கொடுத்திருக்கிறார்.

ஆனால் "கையால் பார்ப்பது" என்றால் வலிக்கும் இடத்தை இரண்டு விரலால் அழுத்திவிட்டு விடுவதல்ல. நான் பார்க்கும்போது முதலில் நிற்கச் சொல்வேன், பிறகு நடக்கச் சொல்வேன். கால் உள்பக்கமோ வெளிப்பக்கமோ வளைந்திருக்கிறதா, ஒரு தொடை மற்றதைவிட மெலிந்திருக்கிறதா, குதிகால் ஊன்றும் நேரத்தில் முழங்கால் முழுவதும் நீள்கிறதா என்பதெல்லாம் படுக்கவைத்த பிறகு தெரியாது. அடுத்து முழங்காலைக் கொஞ்சம் மடக்கி வைத்து, மூட்டின் இடைவெளிக்கோட்டை விரலால் தடவிக்கொண்டே போய், வலி சரியாக எங்கே உட்கார்ந்திருக்கிறது என்று தேடுவேன். உள்பக்கம் கீழிருந்து மேலாக வழித்துவிட்டு வெளிப்பக்கம் மேலிருந்து கீழாகத் தடவினால், மூட்டுக்குள் சிறிதளவு நீர் இருந்தாலும் உள்பக்கக் குழியில் மெல்லப் புடைத்துக் காட்டும். பிறகுதான் மடக்குவதும் நீட்டுவதும்.

எல்லாவற்றையும் நல்ல காலில் முதலில் செய்ய வேண்டும். உங்கள் முழங்கால் பிறந்ததிலிருந்தே கொஞ்சம் தளர்வாக இருக்கலாம். அடுத்த காலைப் பார்க்காமல் அதை நோய் என்று எப்படிச் சொல்வது? இடுப்பு மூட்டையும் ஒரு தரம் சுழற்றிப் பார்க்க வேண்டும், காரணத்தைப் பிறையிலிருந்து எழுதிய ஒரு தாய்க்குச் சொல்லும் பதிலில் எழுதுகிறேன்.

பரிசோதனைக்குப் போகும்போது இறுக்கமான கால்சட்டை வேண்டாம். தொடைவரை உயர்த்தக்கூடிய கைலியோ தளர்வான அரைக்கால் சட்டையோ எடுத்துச் செல்லுங்கள். கூச்சமாக இருந்தால் பெண் ஊழியர் ஒருவர் உடன் இருக்க வேண்டும் என்று கேளுங்கள். அது உங்கள் உரிமை. சேலைக்கு மேலாகவே முழங்காலைப் பார்த்துவிட்டதாக யாராவது சொன்னால், அதைப் பரிசோதனை என்று நான் ஏற்கமாட்டேன்.

கேள்வி: வயது 24. ஃபுட்சால் ஆடும்போது திரும்பினேன், "டப்" என்று உள்ளே சத்தம் கேட்டது. இரண்டு மணி நேரத்துக்குள் முழங்கால் வீங்கிவிட்டது. எக்ஸ்ரேயில் எதுவும் இல்லை என்று வலி மாத்திரை கொடுத்து அனுப்பினார்கள். மூன்று வாரம் ஆகிறது. வலி குறைந்துவிட்டது, ஆனால் படி இறங்கும்போது கால் நழுவுகிறது. (பாயான் லெப்பாஸ்)

தம்பி, நீங்கள் எழுதிய நான்கு வரியிலேயே பாதிப் பரிசோதனை முடிந்துவிட்டது. யாரும் மோதாமல் திரும்பும்போது சத்தம், அதே மாலையில் வீக்கம், பிறகு கால் நழுவுதல்: முன்சிலுவைச் சவ்வு, அதாவது எல்லோரும் ஏசிஎல் என்று சொல்லும் சவ்வு, அறுந்திருக்குமோ என்று முதலில் சந்தேகப்பட வேண்டும். இரண்டு மணி நேரத்துக்குள் வரும் வீக்கம் பெரும்பாலும் இரத்தம். மெனிஸ்கஸ் என்னும் பிறை வடிவக் குருத்தெலும்பு மட்டும் கிழிந்திருந்தால் வீக்கம் பொதுவாக மறுநாள் காலையில்தான் தெரியும். எக்ஸ்ரே எலும்பைக் காட்டும், சவ்வைக் காட்டாது. "எக்ஸ்ரேயில் எதுவும் இல்லை" என்பதற்கு எலும்பு முறியவில்லை என்பதுதான் பொருள்.

இதற்கான சோதனைக்கு ஃபிலடெல்ஃபியா மருத்துவர் ஜான் லாக்மனின் பெயர். 1976இல் அவருடைய மாணவர் ஜோசப் டார்க் எழுதி வெளியிட்டார். முழங்காலை 20 முதல் 30 டிகிரிவரை மட்டும் மடக்கி, ஒரு கையால் தொடையை அசையாமல் பிடித்து, மறு கையால் முழங்காலுக்குக் கீழே பிடித்து முன்னே இழுக்க வேண்டும். நல்ல காலில் "டக்" என்று ஒரு தடை தட்டுப்படும். அறுந்த காலில் அந்தத் தடை இல்லாமல் எலும்பு மெத்தென்று முன்னே வந்துகொண்டே இருக்கும். பழகிய கைக்கு அந்த வேறுபாடு தெளிவாகத் தெரியும். முழங்காலை 90 டிகிரி மடக்கி இழுக்கும் பழைய முறையும் உண்டு. அந்த நிலையில் தொடையின் பின்தசை இறுகிக்கொண்டு உண்மையை மறைத்துவிடும் வாய்ப்பு அதிகம்.

அடிபட்ட அன்றைக்கு யார் இழுத்தாலும் வலியில் காலை விறைத்துக்கொண்டிருப்பீர்கள். அதனால்தான் வீக்கம் வடிந்தபின் மீண்டும் சோதிப்பது கட்டாயம். உங்களுக்கு இப்போது அதற்கேற்ற நேரம். விளையாட்டுக் காயம் பார்க்கும் எலும்பு மருத்துவரிடமோ இயன்முறை சிகிச்சையாளரிடமோ போய், லாக்மன் சோதனை செய்யச் சொல்லிப் பெயரைச் சொல்லியே கேளுங்கள். எம்ஆர்ஐ எடுப்பதில் பொருள் இருப்பது உங்களைப் போன்றவருக்குத்தான். அதுவரை ஃபுட்சால் வேண்டாம். நழுவும் ஒவ்வொரு தடவையும் மெனிஸ்கஸ் நசுங்குகிறது.

கேள்வி: மடக்கும்போதெல்லாம் "நறநற" என்று சத்தம். வலி இல்லை. (ஆயர் ஈத்தாம்)

வலியும் இல்லை, வீக்கமும் இல்லை, சிக்கிக்கொள்வதும் இல்லை என்றால் ஒன்றும் செய்ய வேண்டாம். நடந்துகொண்டே இருங்கள்.

கேள்வி: மகனுக்கு 12 வயது, கொஞ்சம் பருமனான உடம்பு. ஒரு மாதமாக இடது முழங்கால் வலிக்கிறது என்று நொண்டுகிறான். இரண்டு இடத்தில் முழங்காலை எக்ஸ்ரே எடுத்தோம், நன்றாக இருக்கிறது என்கிறார்கள். பள்ளிக்குப் போகச் சோம்பலா? (பிறை)

இல்லை அம்மா. தயவுசெய்து இன்றைக்கே அழைத்துப் போங்கள்.

இடுப்பு மூட்டின் வலி தொடை வழியாக இறங்கி முழங்காலில் தெரிவது உண்டு. 10 முதல் 16 வயதுவரை, அதிலும் பருமனான பிள்ளைகளுக்கு, தொடை எலும்பின் தலைப்பகுதி, எலும்பு வளரும் இடமான வளர்ச்சித்தட்டில் சறுக்கிவிடும் ஒரு நோய் இருக்கிறது. பிள்ளை முழங்காலைத்தான் காட்டுவான். முழங்கால் எக்ஸ்ரேயில் எதுவும் இருக்காது. நாள் மட்டும் ஓடும். மல்லாந்து படுக்கவைத்துத் தொடையை மெல்ல வயிற்றுப் பக்கம் மடக்கும்போது, கால் நேராக வராமல் தானாக வெளிப்பக்கம் சாய்ந்துகொள்வது இதன் அடையாளம். அதை நீங்கள் வீட்டில் செய்து பார்க்க வேண்டாம், மருத்துவமனையில் பார்க்கட்டும். "இடுப்பை இரண்டு பக்கமும், நேராகவும் தவளைக் கால் நிலையிலும் எக்ஸ்ரே எடுங்கள்" என்று கேளுங்கள். உறுதியாகும்வரை அந்தக் காலை ஊன்றி நடக்கவிடாதீர்கள், சக்கர நாற்காலியில் கொண்டுபோங்கள். இந்த நோயாக இருந்து தாமதமானால் இடுப்பு மூட்டே கெட்டுப்போகும்.

வேறு சாதாரணக் காரணங்களும் உண்டு. முழங்கால் சில்லுக்குக் கீழே எலும்பு முண்டு புடைத்து, தொட்டால் வலிக்கும் ஒன்று ஓடியாடும் பிள்ளைகளுக்கு வரும். அது வளர வளரச் சரியாகிவிடும். ஆனால் இடுப்பைப் பார்த்து முடிக்காமல் அந்த முடிவுக்கு யாரும் வரக்கூடாது.

கேள்வி: வயது 67. இரண்டு முழங்காலிலும் தேய்மானம். தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை ஏற வேண்டும் என்று வேண்டுதல். என் கால் தாங்குமா என்று வீட்டிலேயே எப்படித் தெரிந்துகொள்வது? (ஜார்ஜ்டவுன்)

ஐயா, தண்ணீர்மலைக் கோயிலுக்கு 513 படிகள். தேய்மானம் இருப்பதே தடை என்று நான் சொல்லமாட்டேன். எக்ஸ்ரேயில் மோசமாகத் தெரியும் முழங்கால் நன்றாக வேலை செய்வதும், லேசாகத் தெரிவது பாடாய்ப் படுத்துவதும் நாள்தோறும் பார்ப்பதுதான். கால் என்ன செய்கிறது என்பதை அளக்கத் தனிச் சோதனைகள் இருக்கின்றன.

முதலாவது நாற்காலிச் சோதனை. கைப்பிடி இல்லாத, சுமார் 43 செண்டிமீட்டர் உயரமுள்ள நாற்காலியைச் சுவரோடு ஒட்டி வையுங்கள். கைகளை மார்பில் குறுக்கே கட்டிக்கொண்டு, 30 விநாடியில் எத்தனை முறை முழுவதும் எழுந்து உட்கார முடிகிறது என்று பேரனை எண்ணச் சொல்லுங்கள். உங்கள் வயது ஆணுக்கு 12க்குக் குறைந்தால் சராசரிக்குக் கீழே. கையை ஊன்றித்தான் எழ முடிகிறது என்றால் எண்ணிக்கை பூச்சியம்.

இரண்டாவது, அதே நாற்காலியிலிருந்து எழுந்து 3 மீட்டர் நடந்து, திரும்பி வந்து உட்காருவது. வழக்கமான வேகத்தில் 12 விநாடியோ அதற்கு மேலோ ஆனால் விழும் ஆபத்து இருக்கிறது. கூட்டத்தில் படியேறுவதற்கு முன் அதைச் சரிசெய்ய வேண்டும்.

மூன்றாவதுதான் உங்கள் கேள்விக்கு நேரான பதில்: அடுக்குமாடிப் படிக்கட்டு. கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு ஒரு மாடி ஏறி இறங்குங்கள், உடன் ஒருவர் இருக்கட்டும். ஏறுவதைவிட இறங்குவதைக் கவனியுங்கள். சில்லுக்குப் பின்னால் விழும் சுமை இறங்கும்போதுதான் கூடுதல். முழங்கால் உள்பக்கம் சாய்கிறதா, கடைசி நொடியில் "தொப்" என்று விழுந்து இறங்குகிறீர்களா என்று உடன் வருபவர் பார்க்கட்டும். மறுநாள் காலையில் வீக்கமோ கூடுதல் வலியோ இல்லையென்றால், வாரம் ஒரு மாடி கூட்டலாம். ஏறும்போது நல்ல கால் முன்னால், இறங்கும்போது நோவு அதிகமுள்ள கால் முன்னால்.

இப்போது தொடங்கினால் தொடைத்தசை தேறுவதற்குச் சில மாதங்கள் கிடைக்கும். நாற்காலிச் சோதனையே நல்ல பயிற்சியும் ஆகும். நெஞ்சுவலி, மூச்சுத்திணறல் இருந்தால் இதயத்தைப் பரிசோதித்த பிறகே படியில் கால் வையுங்கள். உங்கள் வேண்டுதல் நிறைவேற வேண்டும் என்று நானும் விரும்புகிறேன்.

கேள்வி: அப்பாவுக்கு நீரிழிவு. நேற்றிலிருந்து ஒரு முழங்கால் சிவந்து, சூடாக வீங்கியிருக்கிறது, காய்ச்சலும் உண்டு. எண்ணெய் தேய்த்து உருவிவிடலாமா? (நிபோங் தெபால்)

உருவக் கூடாது. உடனே அவசரப் பிரிவுக்குப் போங்கள். யூரிக் அமிலப் படிகங்களால் மூட்டு வீங்கும் கௌட் ஆகவும் இருக்கலாம், மூட்டுக்குள் கிருமித் தொற்றாகவும் இருக்கலாம். ஊசியால் நீரை எடுத்துச் சோதிக்காமல் இரண்டையும் பிரித்துச் சொல்ல முடியாது. தொற்று என்றால் சில நாட்களில் குருத்தெலும்பு அழிந்துவிடும், உயிருக்கும் ஆபத்து.

கேள்வி: மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்தால் எப்போது எக்ஸ்ரே தேவை? (பட்டர்வொர்த்)

1995இல் கனடாவில் வகுத்த ஒட்டாவா விதிகள் இதற்கு உதவும். வயது 55 அல்லது அதற்கு மேல். முழங்கால் சில்லில் மட்டும் தொட்டால் வலி. முழங்காலுக்குச் சற்றுக் கீழே வெளிப்பக்கம் இருக்கும் சிற்றெலும்பின் தலையில் தொட்டால் வலி. 90 டிகிரி மடக்க முடியவில்லை. விழுந்த உடனேயும் மருத்துவமனையிலும் நான்கு அடி ஊன்றி நடக்க முடியவில்லை. இவற்றில் ஏதாவது ஒன்று இருந்தால் எக்ஸ்ரே எடுக்க வேண்டும்.

கேள்வி: 60 வயது. எம்ஆர்ஐயில் மெனிஸ்கஸ் கிழிசல் என்று வந்திருக்கிறது. பயமாக இருக்கிறது. அறுவை செய்துகொள்ளவா? (புக்கிட் மெர்தாஜாம்)

அந்தக் கிழிசல்தான் வலிக்குக் காரணமா என்று யாராவது சோதித்தார்களா? 2008இல் வெளிவந்த ஓர் ஆய்வில், அமெரிக்காவின் ஃபிரேமிங்ஹாம் நகரில் 50 வயதைக் கடந்தவர்களின் முழங்கால்களைப் படம்பிடித்தார்கள். கிழிசல் இருந்தவர்களில் 61 விழுக்காட்டினருக்கு முந்தைய மாதத்தில் எந்த வலியும் இல்லை. இந்த வயதில் கிழிசல் பல முழங்கால்களில் சும்மா இருக்கிறது.

மூட்டுக்கோட்டில் விரல் வைத்தால் அதே வலி வருகிறதா, முழங்காலை மடக்கித் திருகி நீட்டும் மெக்மரே சோதனையில் "டக்" என்று ஏதாவது தடுக்கிறதா என்று பார்க்க வேண்டும். இவற்றில் எந்த ஒன்றும் தனியாக நின்று தீர்ப்பு சொல்லாது. சேர்த்துப் பார்க்க வேண்டும். முழங்கால் பாதியில் பூட்டிக்கொண்டு நீட்டவே முடியாமல் போனால் உடனே மருத்துவரைப் பாருங்கள். அது இல்லையென்றால், முறையான பயிற்சியைச் சில மாதங்கள் செய்து பார்க்காமல் அறுவைக்கு ஒப்புக்கொள்ள வேண்டாம் என்பேன்.

கேள்வி: ஏசிஎல் அறுவை முடிந்து ஏழு மாதம். வலி இல்லை. பூப்பந்துப் போட்டியில் ஆடலாமா? (ஜெலுத்தோங்)

வலி இல்லாதது போதாது தம்பி. நல்ல காலில் நொண்டியடித்து எவ்வளவு தூரம் தாண்டுகிறீர்கள், அறுவை செய்த காலில் எவ்வளவு என்று அளக்க வேண்டும். ஒரே தாவல், தொடர்ந்து மூன்று தாவல், கோட்டின் இருபுறமும் மாறி மாறித் தாவல், 6 மீட்டரை நொண்டியடித்துக் கடக்கும் நேரம் என நான்கு உண்டு. ஒவ்வொன்றிலும் நல்ல காலின் 90 விழுக்காட்டையாவது எட்ட வேண்டும். தொடைத்தசையின் பலத்தையும் கருவியால் அளக்க வேண்டும். ஏழு மாத ஓய்வில் நல்ல காலும் இளைத்திருக்கும், அதனால் 90 என்ற எண் உங்களை ஏமாற்றலாம். தரையில் இறங்கும்போது முழங்கால் உள்ளே சாய்கிறதா என்று காணொளி எடுத்துப் பாருங்கள். பூப்பந்தில் ஆபத்து பெரும்பாலும் பின்கோட்டில் தலைக்கு மேல் அடித்துவிட்டு ஒற்றைக் காலில் இறங்கும் நொடியில்தான்.

2016இல் வெளிவந்த நார்வே ஆய்வொன்றில், ஒன்பதாம் மாதம்வரை விளையாட்டுக்குத் திரும்புவதைத் தள்ளிப்போட்ட ஒவ்வொரு மாதத்துக்கும் மறுகாயம் 51 விழுக்காடு குறைந்தது. ஆகவே இன்னும் இரண்டு மாதமாவது காத்திருங்கள். அதன்பின் நான்கு சோதனைகளையும் ஒரே நாளில் செய்யுங்கள். மறுநாள் காலையில் முழங்காலில் நீர் கோத்திருந்தால், எண்கள் எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும் போட்டிக்குப் பெயர் கொடுக்காதீர்கள்.